மறு: 'நோய்ப்போக்கு' வேண்டாம், 'சுணக்கம்' மட்டும் போதாது

அன்பு நண்பர்களுக்கு,

நம் கால்நடை மருத்துவச் சொற்பட்டியலில் 'sickness behaviour' என்பதற்கு, அதாவது நோயுற்ற விலங்கு நடந்துகொள்ளும் விதத்துக்கு, எந்தத் தமிழ்ச் சொல்லை வைப்பது என்ற பேச்சின் தொடர்ச்சி இது.

> 'நோய்ப்போக்கு' என்றே வைக்கலாமே, சுருக்கமாக இருக்கிறது.

சுருக்கம்தான். ஆனால் நோய் எப்படி முற்றித் தணிகிறது என்பதற்கு அந்தச் சொல் ஏற்கெனவே புழங்குகிறது. போதாக்குறைக்கு 'வயிற்றுப்போக்கு' வேறு பக்கத்திலேயே நிற்கிறது. இன்னொருவர் சொன்ன 'நோய்க்குணம்' இன்னும் மோசம். நோய் குணமாகிவிட்டது என்றுதான் பலரும் படிப்பார்கள்.

சொல்லை விட்டுப் பொருளுக்கு வருகிறேன். காய்ச்சல் கண்ட மாடு தீவனத்தை முகர்ந்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்கிறது. அசைபோடுவது குறைகிறது, மந்தையை விட்டு ஒதுங்குகிறது. பூனை தன்னை நக்கிச் சுத்தம் செய்வதையே விட்டுவிட, முதுகு முடி திரிதிரியாக ஒட்டிக் கிடக்கிறது. உடம்பு தளர்ந்தால் இப்படித்தான் என்று விட்டுவிடுவது வழக்கம். 1988-இல் பெஞ்சமின் ஹார்ட் என்ற கால்நடை மருத்துவ அறிஞர் இதைத் திருப்பிப் போட்டார்: இது தளர்ச்சி அல்ல, தற்காப்பு. நோய் எதிர்ப்புச் செல்கள் வெளியிடும் இன்டர்லூக்கின்-1 போன்ற புரதங்கள் மூளைக்குச் செய்தி அனுப்புகின்றன. காய்ச்சலை மூட்ட ஏராளமான ஆற்றல் வேண்டும். நோய் தணியும்வரை அதை மிச்சப்படுத்தத்தான் மேய்ச்சல், விளையாட்டு, இணைசேர்தல் எல்லாம் அப்புறம்.

அதனால்தான் நம் பட்டியலில் உள்ள 'சோம்பல்' எனக்கு உறுத்துகிறது. அது பழிச்சொல். பிள்ளைக்கு உடம்பு சரியில்லை என்றால் 'காலையிலிருந்து சுணங்கிப் படுத்திருக்கு' என்போமே, அந்தச் சுணக்கமே எல்லாவற்றுக்கும் போதும் என்று போன மடலில் எழுதியிருந்தேன்.

> அப்படியானால் பாலைவன இகுவானாவை என்ன செய்வீர்கள்?

மாட்டிக்கொண்டேன். இகுவானா ஒரு பல்லியினம். இப்படிப்பட்ட குளிர்ரத்தப் பிராணி தானாகச் சூடேற முடியாது. வெப்பமான இடத்தைத் தேடிப் போய்த்தான் காய்ச்சலை வரவழைத்துக்கொள்கிறது. 1975-இல் வந்த க்ளூகர் குழுவின் ஆய்வில், கிருமி செலுத்தப்பட்ட இகுவானாக்களில் அதிக வெப்பத்தில் இருந்தவையே அதிகம் பிழைத்தன. தேடி நடப்பதைச் சுணக்கம் என்று எந்த வாயால் சொல்வது?

ஆகவே பொதுச்சொல் 'நோய்க்கால நடத்தை'. அதில் ஒரு கூறு மட்டும் 'சுணக்கம்'. நடத்தை என்றால் ஒழுக்கம் நினைவுக்கு வருகிறது என்ற மறுப்பு, 'விலங்கு நடத்தையியல்' நிலைபெற்ற பிறகு எடுபடாது. 'பிணிநடத்தை' ஓசையில் அழகு, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இந்தச் சொற்கள் மருத்துவர்கள் தமக்குள் பேசிக்கொள்ள மட்டும் அல்ல. பரிசோதனை மேசையில் முயல் கல்லாய் உட்கார்ந்திருப்பது பெரும்பாலும் பயத்தால். அங்கே பார்த்ததை வைத்து ஒன்றும் முடிவு செய்ய முடியாது. 'வீட்டில் சுணங்கி இருந்ததா? எப்போதிலிருந்து?' என்று வளர்ப்பவரிடம் கேட்டாக வேண்டும். அவரிடம் போய்ப் 'பிணி' என்றால் முயலுக்கு முன் அவர் மிரள்வார்.

பட்டியலில் 'சோம்பல்' வந்த இடங்களில் 'சுணக்கம்' என்று மாற்றிவிட்டேன். முயலின் அந்த நிலைக்கு 'அச்ச உறைவு' என்று தற்காலிகமாகப் போட்டிருக்கிறேன். 'சமைந்துபோதல்' இயல்பான சொல்தான், ஆனால் முயலையும் சமையலையும் ஒரே வரியில் வைக்க மனம் வரவில்லை.