ஓவன் இல்லாமல் மேங்கோ பை: வெட்டினால் துண்டாக நிற்க என்ன வழி?

காட்பாடிக்காரி:

வணக்கம். போன ஞாயிற்றுக்கிழமை முதல் தடவையாக மேங்கோ பை (pie, அடியில் பிஸ்கட்டும் மேலே மாம்பழக் கூழுமாக உறையவைக்கிற இனிப்பு) செய்தேன். சரியாக வரவில்லை. எங்கே தவறியது என்று தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

எங்கள் வீட்டில் ஓவன் கிடையாது. இருந்தாலும் இந்தக் கத்திரி வெயிலில் அதைப் பற்றவைக்க மனசு வராது. காலை ஒன்பது மணிக்கே சமையற்கட்டுச் சுவரில் கை வைக்க முடியவில்லை. அக்கா பிள்ளைகள் இரண்டு பேர் பெங்களூரிலிருந்து லீவுக்கு வந்திருக்கிறார்கள். பெரியவள் போனில் ஒரு படத்தைக் காட்டி, "சித்தி, இதுக்கு அடுப்பே வேண்டாமாம்" என்றாள். சரி, செய்து தருகிறேன் என்று சொல்லிவிட்டேன்.

மேரி பிஸ்கட் ஒரு பாக்கெட்டைப் பொடித்து, இரண்டு ஸ்பூன் நெய் விட்டுப் பிசறி, எவர்சில்வர் தட்டில் அழுத்தினேன். இரண்டு மாம்பழத்தை மிக்சியில் அடித்துக்கொண்டேன். கடையில் அட்டைப் பெட்டியில் விற்கும் ஃபிரெஷ் கிரீமை அரை மணி நேரம் பீட்டரால் அடித்தேன். கை வலித்ததுதான் மிச்சம், அது கெட்டியாகவே இல்லை. அப்படியே பழத்தோடு கலந்து ஊற்றி, ராத்திரி முழுக்க பிரிட்ஜில் வைத்தேன். காலையில் கத்தி வைத்ததும் அடியிலிருந்த பிஸ்கட் மணலாக உதிர்ந்தது, மேலே இருந்தது லஸ்ஸி போல ஓடியது. சின்னவன் ஸ்பூனால் குடித்துவிட்டான். பெரியவள் ஒன்றும் சொல்லாமல் தட்டை வழித்துச் சாப்பிட்டாள். அவள் எதுவும் சொல்லாததுதான் எனக்குச் சங்கடமாக இருந்தது.

மாமனார் சுத்த சைவம், அதனால் முட்டையும், விலங்கு எலும்பு, தோலிலிருந்து எடுத்து உறையவைக்கப் போடுகிற ஜெலட்டினும் வேண்டாம். சிங்கிள் டோர் பிரிட்ஜ்தான். மதியம் சில நாள் ஒரு மணி நேரம் கரண்ட் போகும். வரும் ஞாயிறு பிள்ளைகளை அழைத்துப்போக அக்காவும் மாமாவும் வருகிறார்கள், அதற்குள் ஒரு தடவையாவது ஒழுங்காகச் செய்துவிட வேண்டும். எந்த மாம்பழம் வாங்கலாம் என்றும் சொல்லுங்கள்.

கீழக்கரைப் பொண்ணு:

தங்கச்சி, உங்கள் கை மேல் தப்பே இல்லை. அந்தப் பெட்டி கிரீமில் பெரும்பாலும் 25 சதவீதம்தான் கொழுப்பு இருக்கும். 30-க்கு மேல் இருந்தால்தான் அடித்தால் நுரைத்து நிற்கும். அரை நாள் அடித்தாலும் அது குழம்பாகத்தான் இருக்கும். இந்த வெயிலில் கிரீமை நம்பவே வேண்டாம் என்பது என் கருத்து. கடல்பாசியை நம்புங்கள்.

மளிகைக் கடையில் சைனா கிராஸ் என்று கேட்டால் வெள்ளை நாராக ஒரு பாக்கெட் தருவார்கள், அதுதான் கடல்பாசி. எங்கள் ஊரில் நோன்பு மாதம் வந்தால் இது இல்லாத வீடு கிடையாது. நோன்பு திறக்கும் நேரத்துக்கு உம்மா பால் கடல்பாசி, இளநீர் கடல்பாசி என்று தட்டு தட்டாக ஊற்றி வைப்பார்கள். பாம்பன், மண்டபம் பக்கம் பெண்கள் விரலில் துணியைச் சுற்றிக்கொண்டு கடலில் முங்கிப் பறிக்கிற மரிக்கொழுந்து பாசி இருக்கிறதே, அதிலிருந்து எடுப்பதுதான் இந்தச் சரக்கு. முழுச் சைவம், மாமனாருக்குத் தாராளமாகக் கொடுக்கலாம். இன்னொரு நல்ல குணம், ஒரு தடவை உறைந்துவிட்டால் 85 டிகிரி சூட்டில்தான் திரும்ப இளகும். ஜெலட்டின் நம் ஊர் வெயிலிலேயே கரைந்துவிடும். கரண்ட் போனால் கடல்பாசிக்கு ஒன்றும் ஆகாது.

முதலில் அடித்தட்டு. 200 கிராம் மேரிக்கு 100 கிராம் வெண்ணெய் வேண்டும், இரண்டு ஸ்பூன் நெய் எந்த மூலைக்கு? பிஸ்கட் புதுப் பாக்கெட்டாக இருக்கட்டும், நமத்தது வேண்டாம். மிக்சியில் ரவை பதத்துக்குப் பொடித்து, உருக்கிய வெண்ணெயை ஊற்றிப் பிசறுங்கள். புட்டுக்கு மாவு பார்ப்பது போலவே பாருங்கள். பிடித்தால் பிடிபட வேண்டும், ஆனால் புட்டு மாவை விட இன்னும் கொஞ்சம் ஈரமாக, விரலை எடுத்த பிறகும் கொழுக்கட்டை போல நிற்க வேண்டும். உதிர்ந்தால் இன்னும் ஒரு ஸ்பூன் வெண்ணெய். தட்டில் கொட்டி டவராவின் அடியால் நன்றாக அழுத்துங்கள். ஓரம்தான் முதலில் உடையும், அங்கே கட்டைவிரலால் இன்னும் ஒரு சுற்று அழுத்திவிட்டு அரை மணி நேரம் ஃபிரீசரில் வையுங்கள். அடி கழற்றும் கேக் டின் இருந்தால் நல்லது. இல்லையென்றால் தட்டிலேயே வைத்து மைசூர்பாகு மாதிரி வெட்டி எடுக்கலாம்.

மேலே ஊற்றுவதற்கு மாம்பழக் கூழ் அரை லிட்டர், கட்டித் தயிர் 250 கிராம், கண்டென்ஸ்டு மில்க் அரை டின். முக்கால் கிலோ புளிக்காத தயிரை வேட்டித் துணியில் கட்டி, பிரிட்ஜுக்குள்ளேயே ஐந்தாறு மணி நேரம் வடியவிட்டால் அந்த அளவு கட்டித் தயிர் கிடைக்கும். வெளியே தொங்கவிட்டால் இந்தச் சூட்டில் புளித்துவிடும். கடல்பாசி 10 கிராம், கத்தரியால் நறுக்கி, ஒரு டம்ளர் தண்ணீரில் கால் மணி நேரம் ஊறட்டும். அப்புறம் அதே தண்ணீரோடு சிறு தீயில் காய்ச்சுங்கள். கரண்டியைத் தூக்கிப் பார்த்தால் ஒரு நார்கூடத் தெரியக் கூடாது, அதுவரை பொறுமை வேண்டும். அடுப்பு என்று பார்த்தால் இந்தப் பத்து நிமிடம்தான்.

இனி சொல்வதை மட்டும் மறக்காதீர்கள். தயிரும் கூழும் பிரிட்ஜிலிருந்து எடுத்த சில்லிப்போடு இருக்கக் கூடாது. அதில் சூடான கடல்பாசி பட்ட இடத்திலேயே உறைந்து, சேமியா சேமியாவாகத் திரண்டு நிற்கும். எனக்கு இரண்டு தடவை அப்படி ஆகியிருக்கிறது, வடிகட்டினாலும் சரியாகாது. தயிரையும் கண்டென்ஸ்டு மில்க்கையும் முன்னாடியே எடுத்து வெளியே வைத்துவிடுங்கள். கூழை விரல் பொறுக்கிற சூட்டுக்குக் காட்டி அவற்றோடு கலந்துகொள்ளுங்கள். கடல்பாசியை நூல் போல ஊற்றிக்கொண்டே இன்னொரு கையால் கிண்டிக்கொண்டே இருங்கள். கிண்டி முடித்ததும் நிற்காமல் தட்டில் ஊற்றிவிட வேண்டும், ஆறினால் பாத்திரத்திலேயே உறைந்துவிடும். பிரிட்ஜில் மூன்று மணி நேரம் போதும்.

மாந்தோப்பு:

கீழக்கரை அம்மா சொன்னதற்கு மேல் எனக்குத் தெரிந்தது பழம் மட்டும்தான். கிருஷ்ணகிரிப் பக்கம் எங்களுக்குக் கொஞ்சம் தோப்பு இருக்கிறது.

இப்போது வாங்குவதென்றால் பங்கனப்பள்ளி. நார் இல்லை, கூழ் கெட்டி, மே மாதம் எங்கும் கிடைக்கும். நடுத்தரப் பழம் மூன்று அல்லது நான்கு எடுத்தால் உங்களுக்கு வேண்டிய அரை லிட்டர் கூழ் வந்துவிடும். செந்தூரம் நிறத்துக்கு நன்றாக இருக்கும், ஆனால் சாறு அதிகம், நாரும் இருக்கும், வடிகட்டியே ஆக வேண்டும். இமாம் பசந்த் கிடைத்தால் தயவுசெய்து மிக்சியில் போடாதீர்கள். அதைச் சீவி அப்படியே சாப்பிடுவதுதான் அந்தப் பழத்துக்குச் செய்கிற மரியாதை. ஜூன் கடைசியில் நீலம் வரும், அதன் வாசனை தயிரோடு நன்றாகச் சேரும், அப்போது இன்னொரு தடவை செய்து பாருங்கள். டின்னில் வரும் கூழில் பெரும்பாலும் சர்க்கரை சேர்த்திருப்பார்கள், அது என்றால் கண்டென்ஸ்டு மில்க்கைப் பாதியாகக் குறையுங்கள். எங்கள் பக்கம் ஃபேக்டரிக்கு லாரி லாரியாகப் போவது பெங்களூரா, அதாவது நீங்கள் கிளிமூக்கு என்று சொல்வது.

பழத்தை வெள்ளிக்கிழமையே வாங்கி, காம்புப் பக்கம் முகர்ந்து பாருங்கள். தோல் முழுக்க மஞ்சளாக இருந்து வாசனையே வரவில்லையென்றால் அது மரத்தில் முற்றாத காய், கல் வைத்துப் பழுக்கவைத்திருப்பார்கள். கார்பைடு கல்லுக்குச் சட்டப்படி தடை இருந்தும் நிற்கவில்லை. அப்படிப்பட்ட பழம் உள்ளே வெளிறி, கொட்டையை ஒட்டிப் புளிக்கும். எவ்வளவு கண்டென்ஸ்டு மில்க் ஊற்றினாலும் ருசி வராது. வருஷம் முழுக்கப் பாடுபட்டு மரத்தில் முற்றவிடுகிறவனுக்கு இதைப் பார்த்தால் வயிறு எரிகிறது. கொஞ்சம் பச்சையாக இருந்தாலும் முற்றியதாகப் பார்த்து வாங்கி, வைக்கோலிலோ அரிசிப் பானையிலோ இரண்டு நாள் போட்டுவையுங்கள்.

மேலே அலங்காரத்துக்குப் பழத் துண்டு வைப்பதானால் பரிமாறும்போது வையுங்கள். முன்னாடியே வைத்தால் தண்ணீர் விட்டு மேல்பக்கம் நசநசவென்று ஆகிவிடும்.

நாகர்கோவில் சமையல்:

மாம்பழம் முடிந்த பிறகு அன்னாசியில் செய்யலாம் என்று யாராவது நினைத்தால் ஒரு வார்த்தை. பச்சை அன்னாசியில் புரோமலைன் என்று ஒரு நொதி இருக்கிறது. அது பால், தயிர் புரதத்தை உடைத்துக் கொஞ்ச நேரத்திலேயே கசப்பாக்கிவிடும். ஜெலட்டினையும் உறையவிடாது. கடல்பாசி உறையும், ஆனால் கசப்பு கசப்புதான். நறுக்கிய அன்னாசியைச் சர்க்கரை போட்டு, நன்றாகக் கொதித்த பிறகும் ஐந்து நிமிடம் விட்டு இறக்கி, ஆறவைத்துச் சேருங்கள். பப்பாளிக்கும் இதே கதைதான்.

காட்பாடிக்காரி:

எல்லோருக்கும் நன்றி. இன்று செய்தேன், நின்றது.

பங்கனப்பள்ளி நான்கு வாங்கினேன். காம்பை முகர்ந்து முகர்ந்து பார்த்ததில் பழக்கடைப் பாட்டியே "உனக்கு நானே எடுத்துத் தரேன் இரும்மா" என்று அடிக்கூடையிலிருந்து எடுத்துக் கொடுத்தார். பிஸ்கட் தூளை உள்ளங்கையில் பிடித்துப் பார்த்தேன், கொழுக்கட்டை மாதிரி விரல் தடத்தோடு நின்றது. அப்போதே பாதி தைரியம் வந்துவிட்டது. பெரியவள்தான் டவராவால் அழுத்தினாள்.

தயிரை வெளியே எடுத்து வைத்திருந்தேன், ஆனால் கண்டென்ஸ்டு மில்க் டின் பிரிட்ஜிலேயே இருந்ததைக் கவனிக்கவில்லை. அது போய் விழுந்த இடத்தில் நாலைந்து சேமியா திரண்டது. கரண்டியால் பொறுக்கி எடுத்துவிட்டு வேகமாக ஊற்றினேன், சாப்பிடும்போது யாருக்கும் தெரியவில்லை. கீழக்கரை அக்கா, நீங்கள் சொல்லாமல் இருந்திருந்தால் அது என்னவென்றே புரிந்திருக்காது.

பதினொரு மணிக்கு உள்ளே வைத்தேன். ஒன்றரைக்குக் கரண்ட் போனது. இரண்டே காலுக்கு எடுத்தபோது தட்டின் வெளிப்பக்கம்தான் வியர்த்திருந்தது. வெந்நீரில் முக்கிய கத்தியால் வெட்டினேன். முதல் துண்டை எடுக்கும்போது ஓரம் உடைந்தது, இரண்டாவதிலிருந்து முழுசாக வந்தது. மஞ்சளும் பழுப்புமாக இரண்டு அடுக்கும் பிரியாமல் இருந்ததைப் பெரியவள் நாலு பக்கமும் போட்டோ எடுத்தாள். மாமனார் ஒரு துண்டு சாப்பிட்டுவிட்டு, இனிப்பு கொஞ்சம் தூக்கல் என்றார். இன்னொன்றும் கேட்டார்.

அக்காவும் மாமாவும் வண்டி லேட் என்று ஆறு மணிக்குத்தான் வருகிறார்களாம். அவர்களுக்கு இரண்டு துண்டு டிபன் பாக்ஸில் எடுத்து வைத்திருக்கிறேன். சின்னவன் இதுவரை மூன்று தடவை பிரிட்ஜைத் திறந்து பார்த்துவிட்டான்.