உச்சிப்புளி தோப்பு: பட்டாவை விட கியூஜிஐஎஸ் வரைபட மென்பொருள் மூன்றரை சென்ட் கூடுதலாகக் காட்டுகிறது

தோப்புக்காரன்:
உச்சிப்புளிக்குத் தெற்கே கடலோரமாக எங்களுக்கு ஒரு தென்னந்தோப்பு இருக்கிறது. பட்டாவில் 0.42.50 ஹெக்டேர், அதாவது 1 ஏக்கர் 5 சென்ட். அப்பாவும் பெரியப்பாவும் பாகம் பிரிக்கிறார்கள். தனியார் சர்வேயரை வைத்து, துல்லியமாக இடம் குறிக்கும் டிஜிபிஎஸ் கருவியில் எல்லைக்கற்களை அளந்து, அந்தப் புள்ளிகள் அடங்கிய சிஎஸ்வி கோப்பு வாங்கினேன். கியூஜிஐஎஸ்ஸில் சாட்டிலைட் படத்தின் மேல் புள்ளிகளை இணைத்து வரைந்தால் பரப்பு 4,392 சதுர மீட்டர் வருகிறது. பட்டாப்படி 4,250தானே வரவேண்டும்? தெற்கே எங்கள் கோடு படத்தில் தெரியும் வேலியைத் தாண்டி விழுகிறது. "இடம் கூடுதலா இருக்கு, வேலியைத் தள்ளிப் போடு" என்கிறார் பெரியப்பா. அந்தப் பக்கத்துத் தோப்பு எங்கள் சொந்தக்காரர்களுடையது. என்ன செய்வது?

சங்கிலி (ஓய்வுபெற்ற நில அளவர்):
தம்பி, முதலில் வேலியில் கை வைக்காதீர்கள். திரையின் கீழே வலது மூலையில் இபிஎஸ்ஜி என்று ஓர் எண் இருக்கும். வரைபடம் எந்த ஆள்கூற்று முறையில் (சிஆர்எஸ்) இருக்கிறது என்பதை அது சொல்லும். என்ன எண்? நீங்கள் வரைந்த லேயரும் அதே எண்ணில்தான் இருக்கிறதா?

தோப்புக்காரன்:
3857 ஐயா. சாட்டிலைட் படம் போட்டதும் தானாக வந்தது. லேயரும் அதிலேயேதான்.

சங்கிலி:
உங்கள் மூன்றரை சென்ட் அதில்தான் இருக்கிறது. 3857 என்பது வெப் மெர்கேட்டர். இணையத்தில் வரைபடம் காட்டத்தான் அது லாயக்கு, நிலம் அளக்க இல்லை. பூமத்திய ரேகையிலிருந்து விலக விலக எல்லாவற்றையும் பெரிதாக்கும். நாம் இருக்கும் 9 டிகிரி அட்சரேகையிலேயே பரப்பு 3 சதவீதத்துக்கு மேல் ஊதிவிடும். 4,250க்குக் கணக்குப் போட்டுப் பாருங்கள், நீங்கள் சொன்ன 142 சதுர மீட்டர் அப்படியே வரும்.

லேயரை வலது கிளிக் செய்து, எக்ஸ்போர்ட்டில் 32644 தேர்ந்தெடுத்துப் புதுக் கோப்பாகச் சேமியுங்கள். அது யுடிஎம் 44 வடக்கு, மீட்டரில் நிலம் அளக்க ஏற்ற முறை. கிழக்கு 78 முதல் 84 டிகிரி வரை அதில் அடங்கும், நம் மாவட்டக் கடற்கரை முழுக்க உள்ளே வந்துவிடும். 'செட் லேயர் சிஆர்எஸ்' மட்டும் கொடுத்தால் பெயர்தான் மாறும், புள்ளிகள் மாறாது. நிறையப் பேர் அங்கேதான் சிக்குகிறார்கள்.

பரப்பு சரியாக வந்தாலும் அதோடு விடாதீர்கள். ஒரு பக்கம் கூடி இன்னொரு பக்கம் குறைந்தாலும் கூட்டுத்தொகை சரியாகவே இருக்கும். புலப்படத்தை (சர்வே துறையின் நில அளவு வரைபடம்) எடுத்து, கல்லுக்குக் கல் எழுதியிருக்கும் நீளத்தை ஒவ்வொன்றாக ஒப்பிடுங்கள். பழைய புலப்படமாக இருந்தால் அளவு லிங்க்கில் இருக்கும். 100 லிங்க் ஒரு சங்கிலி, 66 அடி.

மண்டபம் மேப்ஸ்:
படத்தில் தெரியும் வேலியையும் நம்ப வேண்டாம். சாட்டிலைட் படமே சில மீட்டர் நகர்ந்து உட்கார்ந்திருக்கும். ரோட்டோரத்தில் தெளிவாகத் தெரியும் ஒரு கல்வெர்ட்டின் (சிறு பாலம்) மூலையை அதே டிஜிபிஎஸ்ஸில் அளந்து படத்தோடு பொருத்திப் பாருங்கள், எவ்வளவு விலகல் என்று தெரிந்துவிடும். அலைக்கரையை மட்டும் அடையாளமாக எடுக்காதீர்கள். பருவத்துக்குப் பருவம் அது இடம் மாறும்.

தோப்புக்காரன்:
32644இல் 4,252 வந்துவிட்டது! பெரியப்பாவிடம் காட்டிவிட்டேன். ஆனால் புலப்படத்தோடு ஒப்பிட்டதில் தென்கிழக்குக் கல்லைத் தொடும் இரண்டு பக்கமும் இடிக்கிறது. ஒன்று 1.2 மீட்டர் கூடுதல், இன்னொன்று கிட்டத்தட்ட அதே அளவு குறைவு.

சங்கிலி:
அந்த 2 சதுர மீட்டர் யுடிஎம்மின் இயல்பு, விடுங்கள். கல்தான் விஷயம். மற்ற பக்கங்கள் சரியாக இருக்கும்போது இரண்டு மட்டும் இடித்தால், நீங்கள் அளந்தது பழைய சர்வே கல்லாக இருக்காது. வேலி கட்டும்போது யாராவது பிடுங்கி நட்டிருக்கலாம். நம் கடற்கரையில் மணல் ஏறி அசல் கல் முழங்கால் ஆழத்தில் கிடப்பதை நான் எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன். பக்கத்து இரண்டு கற்களிலிருந்து புலப்பட நீளத்துக்கு டேப் பிடித்து, இரண்டும் வெட்டும் இடத்தில் கடப்பாரையால் குத்திப் பாருங்கள். கருங்கல்லில் பட்டால் சத்தமே சொல்லும்.

கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் தாலுகா ஆபீஸுக்கு அத்து காட்ட, அதாவது அரசு நில அளவர் வந்து எல்லையைக் காட்ட, மனு கொடுத்துவிடுங்கள். கியூஜிஐஎஸ் வரைபடம் உங்கள் தெளிவுக்கு. பத்திரத்துக்கு அரசு நில அளவர் அளந்ததுதான் செல்லும். அவர் வரும் அன்று அந்தச் சொந்தக்காரரையும் பக்கத்தில் நிறுத்திக்கொள்ளுங்கள்.