லெபனான் மாதிரி சட்டத்திலயே பங்கு பிரிச்சா திருகோணமலைக்குச் சரிவருமா?

உவர்மலை_மாணவி:
ஏ.எல்லுக்கு அரசியல் விஞ்ஞானம் செய்யிறன். லெபனானில ஜனாதிபதி மரோனைட் கிறிஸ்தவர், பிரதமர் சுன்னி, சபாநாயகர் ஷியா, இதுதான் அங்க வழக்கமாம். லைப்ஹார்ட் எண்ட அறிஞர் பிரிஞ்சு கிடக்கிற சமூகங்கள் சேர்ந்து ஆளுறதுக்கு அதையும் ஒரு உதாரணமாக் காட்டினவராம். எங்கட மாவட்டத்தில தமிழ், முஸ்லிம், சிங்களம் மூண்டு பேரும் பெரிய தொகையா இருக்கிறம், இருக்கிறது 4 எம்.பி சீட், ஒவ்வொரு எலெக்‌ஷனுக்கும் ஆற்ற ஆள் வாறது எண்டுதான் பேச்சு. அப்ப சட்டத்தால பிரிச்சு வச்சா நிம்மதிதானே? பிறகேன் அங்க 1975ல உள்நாட்டுச் சண்டை வந்தது?

படிப்பிக்கிறவர்:
தங்கச்சி, அங்க கடைசியா சனத்தொகை எண்ணினது 1932ல. அதை வச்சுத்தான் 6 கிறிஸ்தவருக்கு 5 முஸ்லிம் எண்டு சீட் பிரிச்சவை. சனம் மாறிட்டு, கணக்கு மாறேல்ல, திரும்ப எண்ணினா ஆற்ற பங்கு குறையுமோ எண்ட பயத்தில இண்டைக்கும் எண்ணாம இருக்கினம். சண்டைக்கு அது மட்டும் காரணமில்ல, பாலஸ்தீன ஆயுதக் குழுக்கள், வெளிநாட்டுக் கை எல்லாம் சேர்ந்துதான் வெடிச்சது. சண்டையை முடிக்கச் செய்த 1989 தாயிஃப் ஒப்பந்தத்தோட பாதிக்குப் பாதி ஆக்கினவை, இப்ப 128 சீட்டில 64க்கு 64.

கிண்ணியா_நானா:
நான் பெய்ரூட்ல வேலை செஞ்சவன் தங்கச்சி. அரசாங்கக் கரண்ட் நிண்டா ஏரியா ஜெனரேட்டர்காரன்தான், ரோட்டுக்கு மேலால வீட்டுக்கு வீடு வயர் இழுத்திருப்பான், எத்தன ஆம்பியர் எண்டு பார்த்து மாசாமாசம் காசு, அதால ஒரு வீட்டுக்கு ரெண்டு பில். வேலை, ஆஸ்பத்திரி கட்டில் எல்லாத்துக்கும் தன்ட கூட்டத்துத் தலைவர்ர ஆளைப் பிடிக்கோணும். கல்யாணமும் சமயச் சட்டப்படிதான், சிவில் கல்யாணம் வேணுமெண்டா சைப்ரஸுக்குப் போவாங்க. 2019 அக்டோபர்ல சனம் ரோட்டுக்கு இறங்கி எல்லாத் தலைவரையும் போகச் சொன்னது இந்தக் கொதியிலதான்.

நிலாவெளி_வாசகன்:
நானா சொன்னதைத்தான் பாசெல் சலூக் எண்ட லெபனான் அரசியல் அறிஞர் ஆராய்ஞ்சவர். பழைய பகையால சனம் பிரிஞ்சு நிக்கேல்ல, அரசாங்க வேலையையும் சேவையையும் தலைவர்மார் தங்கட கையால குடுத்துக் குடுத்துத்தான் அந்தப் பிரிவை உயிரோட வச்சிருக்கினம் எண்டுறது அவற்ற வாதம். எனக்கு அது சரியெண்டுதான் படுது. அரசு நல்லா வேலை செஞ்சா ஆர் தலைவர்ர வாசல்ல போய் நிப்பினம்?

ஆனா தங்கச்சி, லெபனானை அப்பிடியே தூக்கி இங்க வைக்கேலாது. அங்க அரசு பலமில்லாதது, இங்க கொழும்பு வலு பலமா இருக்கு, காணியெண்டாலும் கடைசி முடிவு அங்கதான். 4 சீட்டை எப்பிடிப் பிரிச்சாலும் அது மாறாது. பங்குச் சட்டம் ஒண்டும் இல்லாமலே 2015ல தமிழரசுக் கட்சியும் முஸ்லிம் காங்கிரசும் சேர்ந்து கிழக்கு மாகாண சபையை நடத்தினவைதானே, அந்தச் சபை எங்கட டவுனுக்குள்ளதான் இருக்கு. 2017ல காலம் முடிஞ்சது, அதுக்குப் பிறகு எலெக்‌ஷனே வைக்கேல்ல, ஜனாதிபதி போடுற ஆளுநர்தான் எல்லாம் பார்க்கிறார். நீங்க கேக்கவேண்டிய கேள்வி அந்த எலெக்‌ஷன் எப்ப எண்டுதான்.

உவர்மலை_மாணவி:
நன்றி அண்ணா, நானா. அப்ப சீட்டை விட்டுட்டு காணி, பொலிஸ் அதிகாரத்தைப் பற்றித்தான் கட்டுரை எழுதப்போறன், மாகாண சபைகளைக் கொண்டுவந்த அரசியலமைப்பின்ர 13ஆம் திருத்தத்தில இருந்து தொடங்கட்டா?

படிப்பிக்கிறவர்:
ஓம், அது வந்த 1987ல இருந்து தொடங்குங்கோ.