ஹேட்ரியன் சுவரில் ரோமானியர் வைத்த கல் எங்கே மிஞ்சியிருக்கிறது?

தென்திசை:

அடுத்த மாதம் வட இங்கிலாந்தில் நியூகாசிலில் நண்பன் கல்யாணம். அதற்கு மறுநாள் முழுக்க ஓய்வு, அப்படியே பக்கத்தில் ரோமானியப் பேரரசர் ஹேட்ரியன் கட்டிய எல்லைச் சுவரைப் பார்த்துவிடலாம் என்று ஆசை. கார் கிடையாது, ரயில், பஸ்தான். இணையத்தில் தேடினால் வருகிற படமெல்லாம் ஒரே இடம்: இரண்டு மேட்டுக்கு நடுவே ஒற்றை மரம், பக்கத்தில் சுவர். அந்த மரத்தையும் எவனோ வெட்டிவிட்டானாம்.

எனக்கு இரண்டு சந்தேகம். சுவர் மொத்தம் 117 கிலோமீட்டர் என்கிறார்கள். இதில் ரோமானியர்கள் அடுக்கியபடியே நிற்கிற கல் எங்கே இருக்கிறது, பின்னால் வந்தவர்கள் எடுத்துக் கட்டியது எங்கே இருக்கிறது, பார்த்தால் தெரியுமா? அடுத்தது, படங்களில் இடுப்பு உயரம்தான் இருக்கிறது. சரி, அன்றைக்கு உயரமாக இருந்திருக்கும். அப்படியே இருந்தாலும் இரவில் ஏணி போட்டால் ஏறிவிட மாட்டார்களா? இவ்வளவு பெரிய பேரரசு இதை நம்பியா இருந்தது?

வடகரை:

நான் இந்தப் பக்கத்துக்காரன்தான், அதனால் கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் நியூகாசில் ஊருக்குள் தேடி நேரத்தை வீணாக்க வேண்டாம். சுவர் கிழக்கே வால்சென்டில் தொடங்கி மேற்கே போனஸ் வரை போகிறது, ஆனால் இரண்டு பக்கமும் ஊர், வயல், சாலை வந்துவிட்டதால் கல்லெல்லாம் போய்விட்டது. மிச்சம் இருப்பது நடுவில், கரும்பாறைச் செங்குத்துகள் வரிசையாக நிற்கிற மலைப் பகுதியில். அங்கேயும் ரோமானியர்கள் நன்றாகக் கட்டியதால் தப்பியது என்று நினைக்காதீர்கள், அந்த மேட்டில் ஏறிக் கல்லை இறக்க யாருக்கும் மனம் வரவில்லை, அவ்வளவுதான். கீழே இருந்த கல் எங்கே போயிற்று என்று பார்க்க வேண்டுமானால் லேனர்காஸ்ட் மடாலயத்தையும் சுற்றியிருக்கிற பண்ணை வீடுகளையும் பாருங்கள். ஹெக்ஸாம் தேவாலயத்தின் நிலவறை முழுக்க ரோமானியக் கல், 7ஆம் நூற்றாண்டிலேயே பக்கத்து கார்பிரிட்ஜ் பகுதியிலிருந்து கொண்டுவந்து கட்டியது.

பெரிய அடி விழுந்தது 18ஆம் நூற்றாண்டில். 1745இல் ஸ்காட்லாந்துக் கலகப் படை கார்லைல் வழியாகத் தெற்கே இறங்கியது. நியூகாசிலில் பெரும்படையோடு உட்கார்ந்திருந்த தளபதி வேடு, குறுக்கே போக ஒழுங்கான சாலை இல்லாமல் பனியில் மாட்டித் திரும்பிவிட்டார். அந்த அவமானத்துக்குப் பிறகு 1750களில் கிழக்கு மேற்காக ஒரு ராணுவச் சாலை போட்டார்கள். போட்டது எதன் மேல்? பல மைல் தூரத்துக்கு ரோமானியச் சுவரை இடித்துப் பரப்பி, அதன் மேலேயே! இன்றைக்கு பி6318 என்கிற அந்தச் சாலையில் நேர்க்கோடாக வண்டி ஓட்டிப் போகிறவர்கள் ஹேட்ரியன் மேல்தான் போகிறார்கள். எல்லையைக் காக்கக் கட்டியதை இன்னொரு ராணுவம் எல்லையைக் காக்கப் போகிறேன் என்று இடித்ததுதான் எனக்கு ஆறவே இல்லை.

1801இல் வில்லியம் ஹட்டன் என்று 78 வயதுக் கிழவர் ஒருவர் பர்மிங்காமிலிருந்து நடந்தே வந்து சுவர் முழுக்கப் பார்த்தார். பிளேன்ட்ரீஸ் என்ற இடத்தில் நிலக்காரர் ஒருவர் வீடு கட்டச் சுவரைப் பிரித்துக்கொண்டிருந்தார். கிழவர் கெஞ்சிக் கேட்ட பிறகுதான் நிறுத்தினாராம். மிஞ்சிய துண்டு இன்னும் அங்கே இருக்கிறது. அதில் ஒரு வேடிக்கை உண்டு: அடித்தளம் ஏறக்குறைய 3 மீட்டர் அகலத்துக்குப் போட்டிருக்கிறார்கள், மேலே வந்த சுவரோ அதைவிட ஒடுக்கம். வேலை நடக்கும்போதே திட்டத்தை மாற்றிவிட்டார்கள் என்பது கண்ணுக்கு முன்னால் தெரியும். எனக்குப் பிடித்த இடம் அதுதான், ஆனால் நூறு பேரில் ஒருவர்கூட வண்டியை நிறுத்துவதில்லை.

அசலா, பின்னால் அடுக்கியதா என்று எப்படிக் கண்டுபிடிப்பது என்று கேட்டீர்கள். 19ஆம் நூற்றாண்டில் நியூகாசில் நகராட்சி எழுத்தராக இருந்த ஜான் கிளேட்டன், சுவர் ஓடுகிற நிலங்களை ஒவ்வொன்றாக விலைக்கு வாங்கிக் காப்பாற்றினார். விழுந்து கிடந்த கல்லை எடுத்துச் சாந்து இல்லாமல் மறுபடி அடுக்கி, உச்சியில் புல் போர்த்தினார். சுவரின் நடுப்பகுதியில் ஹவுஸ்டெட்ஸ் என்ற ரோமானியக் கோட்டைப் பக்கம் உச்சியில் புல் முளைத்து அழகாக ஓடுகிற சுவர், அதாவது படத்தில் எல்லாரும் பார்ப்பது, பெரும்பாலும் கிளேட்டன் அடுக்கியது. கல் ரோமானியக் கல்தான், கீழ் வரிசைகள் பல இடத்தில் அசலாகவே இருக்கும். உச்சி தட்டையாகவோ கரடுமுரடாகவோ சாந்து பூசி நிற்கிற துண்டுகள் 20ஆம் நூற்றாண்டில் அரசுத் துறை கிடந்தபடியே இறுக்கிவிட்டவை. கலப்படமில்லாத சுவர் வேண்டுமானால் அவைதான்.

படைவீடு:

வடகரை முதல் கேள்வியை நன்றாகக் கவனித்துவிட்டார். இரண்டாவதுக்கு நான் வருகிறேன்.

ஏணி போட்டால் ஏறலாமே என்றால், ஏறலாம். ஏறி என்ன செய்வது? ஆளாக ஏறி வந்தவன் திரும்பிப் போகும்போது ஓட்டிக்கொண்டு போக மாடு வேண்டுமே, மாட்டை ஏணியில் ஏற்ற முடியுமா? சுவர் கொள்ளைக் கூட்டத்தின் கணக்கைக் கெடுப்பதற்கு. பெரும்படை வந்தால் அதைச் சுவர் மேல் நின்று எதிர்க்க வேண்டும் என்ற எண்ணமே ரோமானியர்களுக்கு இல்லை, கோட்டைகளிலிருந்து வெளியே போய் மைதானத்தில் சண்டை போடுவதுதான் அவர்கள் பழக்கம்.

கட்டடத்தைப் பாருங்கள். கி.பி. 122இல் ஹேட்ரியன் பிரிட்டனுக்கு வந்ததையொட்டித் தொடங்கிய வேலை. ஒவ்வொரு ரோமானிய மைலுக்கும் ஒரு சிறு கோட்டை, அதில் வடக்கே திறக்கும் ஒரு வாசல், இரண்டு சிறு கோட்டைகளுக்கு நடுவே இரண்டு காவல் கோபுரம். ஆளை உள்ளே விடக்கூடாது என்று மட்டும் நினைப்பவன் மைலுக்கு ஒரு வாசல் வைப்பானா? நம் ஊர் மாநில எல்லைச் சோதனைச்சாவடி மாதிரிதான் இது: யார் போகிறார், என்ன கொண்டுபோகிறார், வரி கட்டினாரா என்று பார்த்து விடுவது. ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் ஜெர்மானிய எல்லையைப் பற்றி எழுதும்போது ஹெர்முண்டூரிகள் என்ற ஒரு கூட்டத்தார் மட்டும்தான் காவல் இல்லாமல் எல்லை தாண்டி உள்ளூர் வரை வந்து வியாபாரம் செய்யலாம் என்கிறார். மற்றவர்கள் நிலைமை என்ன என்று இதிலேயே தெரிகிறதே.

அப்புறம் தெற்குப் பக்கம், அதாவது ரோமானியர்களின் சொந்தப் பக்கம், ஒரு பெரிய பள்ளமும் இரண்டு கரையுமாக இன்னொரு கோடு ஓடுகிறது. வாலம் என்பார்கள். எதிரி வடக்கே என்றால் தெற்கே எதற்குப் பள்ளம்? ராணுவ நிலத்துக்குள் உள்ளூர்க்காரர் யாரும் இஷ்டத்துக்கு நுழையக்கூடாது என்பதற்கு. அவர்களுக்கு இரண்டு பக்கத்து மக்கள் மேலும் சந்தேகம்தான்.

மைன்நதி:

ஃபிராங்க்ஃபர்ட்டிலிருந்து எழுதுகிறேன். எல்லோரும் ஹேட்ரியன் சுவரையே பிடித்துத் தொங்குகிறீர்கள், ஜெர்மனியில் ரைன்ப்ரோலிலிருந்து டான்யூப் கரை ஐனிங் வரை 550 கிலோமீட்டர் எல்லைக்கோடு இருக்கிறது, 900 காவல் கோபுரத் தடங்கள் இருக்கின்றன. 1987இல் ஹேட்ரியன் சுவருக்குக் கொடுத்த உலகப் பாரம்பரியத் தகுதியை யுனெஸ்கோ 2005இல் இதற்கும் நீட்டியது, 2008இல் ஸ்காட்லாந்தில் ரோமானியர் கட்டிய அன்டோனைன் சுவருக்கும்.

படைவீடு சொல்வதற்கு இங்கே ஒரு நல்ல ஆதாரம் இருக்கிறது. வால்டூர்னிலிருந்து வெல்ட்ஸ்ஹைம் பக்கம் வரை ஏறக்குறைய 80 கிலோமீட்டருக்கு இந்த எல்லை அடிமட்டம் வைத்துக் கோடு போட்டதுபோல நேராகப் போகிறது. மேடு, பள்ளம், ஓடை எதையும் சட்டை செய்யவில்லை. சண்டைக்குக் கட்டுகிறவன் மேட்டைப் பிடிப்பான், பள்ளத்தை விடுவான். இவர்கள் நில அளவைக்காரனை அனுப்பியிருக்கிறார்கள்.

ஆனால் பார்க்க என்ன இருக்கிறது என்றால், உண்மையைச் சொல்கிறேன், பெரும்பாலும் காட்டுக்குள் ஒரு மண்மேடும் பள்ளமும்தான். இது பெரும்பகுதி மரவேலிதான், மரம் மக்கிவிட்டது. ஷ்வேபிஷ் க்மூண்ட் பக்கத்தில் ஒரு பள்ளத்தாக்கில் மேல் ஜெர்மானிய மாகாணம் முடிந்து ரேட்டியா தொடங்குகிறது. வேலி நின்று கல்சுவர் தொடங்குவதும் அங்கேதான். ஒரே பேரரசு, ஒரே எல்லை, ஆனால் மாகாணத்துக்கு ஒரு பாணி! பாட் ஹோம்பர்க் பக்கம் சால்பர்க் என்று ஒரு கோட்டை முழுசாக நிற்கும், வாசல், சுவர் எல்லாம் கம்பீரமாக இருக்கும், ஏமாந்துவிடாதீர்கள். அது 1897 முதல் கைசர் இரண்டாம் வில்ஹெல்ம் உத்தரவில் மறுபடி எழுப்பியது. குழந்தைகளைக் கூட்டிப்போக அருமையான இடம், அசல் தேடுகிறவருக்கு இல்லை.

கொத்தளம்:

சோதனைச்சாவடி என்று சொல்லி முடித்துவிடுவது இப்போது ஒரு மோஸ்தர் ஆகிவிட்டது. எனக்கு முழுசாக உடன்பாடில்லை.

வடக்கே சுவருக்கு முன்னால் அகழி வெட்டினார்கள், சரி. சுவருக்கும் அகழிக்கும் நடுவே இருக்கும் குறுகிய தரையில், நியூகாசில் பைக்கர் பகுதியிலும் த்ராக்லியிலும் தோண்டியபோது வரிசை வரிசையாகக் குழிகள் கிடைத்தன. கூர்முனைக் கிளைகளை நட்டு வைத்த குழிகள் என்றுதான் பெரும்பாலும் கருதுகிறார்கள். வரி வசூலிக்கிறவன் வாசலை விட்டு மீதி இடம் முழுக்க முள் நடுவானேன்? அன்டோனைன் சுவரில் ரஃப் காசில் கோட்டைக்கு வெளியே இதே மாதிரிக் குழிகளை இன்றைக்கும் நேரில் பார்க்கலாம். 180களில் வடக்குக் கூட்டங்கள் சுவரைத் தாண்டி வந்து ஒரு தளபதியையும் அவர் படையையும் வெட்டிப் போட்டதாக ரோமானிய வரலாற்றாசிரியர் காசியஸ் டியோ எழுதியிருக்கிறார். அமைதியான வியாபார எல்லையில் நடக்கிற விஷயமா இது?

சுவரின் உச்சியில் வீரர்கள் நடந்து காவல் காத்தார்களா என்பதுதான் தீராத சண்டை. உச்சி எங்குமே மிஞ்சவில்லை, அதனால் யாரும் நிரூபிக்க முடியாது. 8ஆம் நூற்றாண்டில் பீட் என்ற துறவி 8 அடி அகலம், 12 அடி உயரம் என்று எழுதி வைத்தார். அவ்வளவு அகலம் இருந்தும் மேலே ஆள் நடக்கவில்லை என்றால் எதற்கு அவ்வளவு கல்?

படைவீடு:

அகலம் இருந்தால் நடந்தார்கள் என்று ஆகிவிடாது. ஜெர்மனியில் மரவேலியின் மேல் யாரும் நடக்கவில்லை, எல்லை அங்கேயும் பல தலைமுறை நின்றது. குழிகளை மறுக்கவில்லை. வாசல் வைத்தவன் மற்ற இடத்தை அடைக்கத்தான் செய்வான், இரண்டும் ஒரே வேலைதான். டியோ சொன்னது உண்மை, அதுவே சுவர் பெரும்படையை நிறுத்தாது என்பதற்கும் சாட்சி.

ரோமானியப் பேரரசின் கிழக்கு எல்லையான சிரியாவையும் ஒருமுறை பாருங்கள். 1920களிலும் 30களிலும் புவாட்பார்ட் என்ற பாதிரியார் விமானத்தில் பறந்து 116 கோட்டைகளைப் படமெடுத்து, கிழக்கிலிருந்து வருகிற எதிரிக்கு எதிராக வடக்கு தெற்காக நிற்கும் அரண்வரிசை என்றார். பனிப்போர்க் கால உளவுச் செயற்கைக்கோள் படங்களை வைத்து 2023இல் வந்த ஆய்வு இன்னும் 396 கோட்டைகளைக் கண்டது. அவை கிழக்கு மேற்காகப் பரந்து கிடக்கின்றன. வணிகக் கூட்டமும் படையும் போகிற பாதைக்குத் துணை என்று பார்த்தால்தான் பொருந்துகிறது. புவாட்பார்ட் பார்த்தவற்றில் பல இன்றைக்கு உழவிலும் கட்டடத்திலும் போய்விட்டன என்பது வேறு வருத்தம்.

தென்திசை:

அண்ணன்மாரே, நான் பஸ் நேரம் கேட்க வந்தவன், நீங்கள் பேரரசையே நடத்துகிறீர்கள். நிஜமாகவே நன்றி. ஒன்று மட்டும் சொல்லுங்கள், அங்கே காவலுக்கு நின்றவர்கள் ரோம் நகரத்துக்காரர்களா?

ஓலைச்சுவடி:

ரோமிலிருந்து வந்தவர்களைத் தேடிப் பிடிக்க வேண்டும் தம்பி. கட்டியது லெஜியன் என்கிற ரோமானியக் குடிமக்கள் படைகள் மூன்று, காவலுக்கு நின்றது மற்ற நாடுகளில் திரட்டிய துணைப்படைகள். ஹவுஸ்டெட்ஸில் இன்றைய பெல்ஜியப் பக்கத்துத் துங்கிரியர்கள், கார்வோரனில் சிரியா வில்லாளிகள், பேர்டோஸ்வால்டில் இன்றைய ருமேனியப் பகுதி டாசியர்கள். சவுத் ஷீல்ட்ஸில் சிரியாவின் பல்மைரா நகரத்திலிருந்து வந்த பராடிஸ் என்பவன், தான் விடுதலை செய்து மணந்த ரெஜினா என்ற பிரிட்டன் பெண்ணுக்கு வைத்த கல்லறைக்கல் இருக்கிறது. லத்தீனில் முறைப்படி எழுதிவிட்டு அடியில் தன் தாய்மொழியில் ஒரு வரி. நியூகாசிலிலிருந்து மெட்ரோவிலேயே போகலாம்.

விண்டோலாண்டாவை விட்டுவிடாதே. சுவருக்குச் சற்றுத் தெற்கே, சுவருக்கு முந்தியே இருந்த கோட்டை. 1973இலிருந்து அங்கே ஈரமண்ணில் மெல்லிய மரச்சீவல் கடிதங்கள் கிடைக்கின்றன, மையால் எழுதியவை. ஒரு தளபதியின் மனைவி இன்னொரு தளபதி மனைவியைப் பிறந்தநாளுக்குக் கூப்பிடுகிறாள். யாருக்கோ காலுறையும் உள்ளாடையும் அனுப்பியிருக்கிறார்கள். வீரர்கள் வாங்கிய சாமான் கணக்கு ஒன்றில் இரண்டு தினாரியஸுக்கு (ரோமானிய வெள்ளிக்காசு) மிளகு! அந்தக் காலத்தில் மிளகு சேர நாட்டு மலையிலிருந்து முசிறி வழியாகச் செங்கடல் தாண்டிப் போன சரக்கு. பேரரசின் வடகோடியில் ஒரு சிப்பாய் அதைக் காசு கொடுத்து வாங்கிச் சாப்பிட்டிருக்கிறான்.

வடகரை:

சரி, ஒரு நாளுக்கு என் திட்டம். காலையில் நியூகாசிலில் ரயில் ஏறி ஹெக்ஸாமில் இறங்குங்கள். அங்கிருந்து ஏடி122 என்ற பஸ் சுவரை ஒட்டிப் போகும் (எண்ணைக் கவனியுங்கள், சுவர் தொடங்கிய வருடம்). குளிர்காலத்தில் சேவை மாறலாம், போகும் முன் நேரம் பார்த்துக்கொள்ளுங்கள். செஸ்டர்ஸ் கோட்டையில் இறங்கினால் ஆற்றங்கரைக் குளியல் கட்டடம் உண்டு, ஆனால் ஒரே நாளில் எல்லாம் வேண்டுமென்றால் அதை விட்டுவிட்டு ஹவுஸ்டெட்ஸுக்கு நேரே போங்கள். கழிப்பிடத்தையும், கிழக்கு வாசல் கல்லில் வண்டிச்சக்கரம் அறுத்த தடத்தையும் பாருங்கள். அங்கிருந்து சுவரோரமாக மேற்கே ஸ்டீல் ரிக் வரை 5 கிலோமீட்டர் நடை, ஏற்ற இறக்கம் அதிகம், கல்யாணச் செருப்போடு வந்துவிடாதீர்கள். நடுவில்தான் 2023 செப்டம்பரில் வெட்டிய மரத்தின் அடிக்கட்டை இருக்கிறது, வெட்டிய இருவரும் 2025இல் சிறைக்குப் போனார்கள். அந்த மரம் ரோமானியர் காலத்தது இல்லை, சில நூறு வருடம்கூட ஆகாதது. சுவர் மேல் ஏறி நடக்காதீர்கள், ஹவுஸ்டெட்ஸ் பக்கத்துத் தோப்புக்குள் ஒரு சிறு தூரம் மட்டும் அனுமதி உண்டு.

ஸ்டீல் ரிக்கிலிருந்து கீழே இறங்கினால் விண்டோலாண்டா நடக்கிற தூரம்தான், மூடுவதற்கு இரண்டு மணி நேரம் முன்பாவது போய்விடுங்கள். திரும்ப பார்டன் மில்லிலோ ஹால்ட்விசிலிலோ ரயில் கிடைக்கும். மறுநாள் காலை விமானத்துக்கு முன் நேரம் இருந்தால் வால்சென்ட் மெட்ரோ நிலையம் வரை போய்வாருங்கள், பக்கத்திலேயே செகெடுனம் கோட்டை. நிலையத்தில் புகை பிடிக்காதே என்பதைக்கூட லத்தீனில் எழுதிப்போட்டிருக்கிறார்கள்.