ஈரக்கண் கல்: உங்கள் கேரக்டருக்கு என்ன நடந்தது?

கேம் மாஸ்டர்:
ஆளுக்கொரு கேரக்டராக நீங்கள் ஆட, நான் கதையை நடத்தும் நம் தீவு உலக ஆட்டத்தில் தனித்தனிக் குழுவாக ஆடியதால், ஒரு குழு ஈரக்கண் கல்லை வைத்து என்ன செய்தது என்பது இன்னொரு குழுவுக்குத் தெரியாது. இங்கே எழுதுங்கள். புதிதாகச் சேர்ந்தவர்களுக்காக: உலர்ந்திருக்கும்போது அது சுண்ணாம்புக் கட்டி போல வெளுத்துக் கிடக்கும். நீரில் ஊறினால் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளிந்து கண்ணாடியாகும். அப்போது கண்ணருகே பிடித்தால், ஊறவைத்த நீர் கடைசியாக எதைப் பார்த்ததோ அது தெரியும். காய்ந்தால் காட்சி போச்சு.

ஒற்றன்:
கோட்டைக் கிணற்றில் விஷம் கலந்தது யார் என்று கண்டுபிடிக்க வேண்டும். கிணற்று நீரை ஒரு குடுவையில் கொண்டுவந்து கல்லை ஊறப்போட்டோம். ஆளின் முகம் தெரியும், பிடித்துவிடலாம் என்று எல்லோரும் தெம்பாக இருந்தோம். தெரிந்ததோ வாளியின் அடிப்பக்கம். அப்புறம் கயிறு. அப்புறம் வட்டமாக ஒரு துண்டு வானம், அதன் விளிம்பில் ஒரு தலை. கிணற்று நீர் கீழேயிருந்துதானே பார்க்கும்! வானத்துக்கு எதிரே குனிந்த முகம் வெறும் கருப்பாக இருந்தது. ஆனால் விளிம்பைப் பிடித்திருந்த கையில் ஒரு விரலைக் காணோம். கோட்டைக்குள் விரல் இழந்தவர்கள் மூன்று பேர், அதில் ஒருத்தி எங்களுக்குத் தங்க இடம் கொடுத்தவள். அன்றைக்குப் பகடையைத் தொடவே இல்லை, பேச்சுதான். முகத்தை முழுசாகக் காட்டியிருந்தால் ஆட்டம் சீக்கிரமே சப்பென்று முடிந்திருக்கும்.

வணிகன்:
துறைமுகச் சந்தையில் ஈரக்கண்ணை எடைபோட்டுத்தான் விற்கிறார்கள். ஊறிய கல் கனக்கும். “தெளிவைப் பாருங்கள்” என்று கடைக்காரன் தொட்டியிலிருந்து எடுத்து, அப்படியே தராசில் வைத்தான். நீருக்கும் சேர்த்துக் காசு! உலர்த்தித் தா என்றேன். எங்கள் கப்பல் விடிந்ததும் புறப்படும் என்று அவனுக்குத் தெரியும். அவசரத்துக்கு அடுப்பருகே வைத்தான், கல் விண்டுபோனது. யார் பணம் தருவது என்ற வழக்கு அடுத்த ஆட்டத்துக்குத் தள்ளிப்போயிருக்கிறது.

மருத்துவச்சி:
பேச்சை நிறுத்திவிட்ட ஒரு சிறுமி எங்கள் குழுவிடம் வந்து சேர்ந்தாள். அவள் என்ன பார்த்தாள் என்று தெரிய வேண்டும். கண்ணீரில் ஊறவைத்தால் என்ன என்று ஒருவர் கேட்டார். சொட்டுச் சொட்டாகச் சேர்த்து, நகக்கண் அளவுக் கல்லை நனைக்கவே பாடாகிவிட்டது. கேம் மாஸ்டர் அப்போதுதான் ஒரு குண்டைத் தூக்கிப் போட்டார்: கண்ணீரில் உப்பு இருக்கிறது, காயும்போது அது துளைகளுக்குள் படிகமாகிக் கல்லைப் பிளக்கும், கடலோரப் பழங்கட்டடங்களில் கல் பொரிந்து உதிர்வதும் இதனால்தான் என்றார். ஆக, ஒரே ஒரு முறை பார்க்கலாம், அதுவும் ஒருவர்தான். மற்றவர்கள் என்னைப் பார்க்கச் சொன்னார்கள். நான் கல்லைச் சிறுமியிடமே கொடுத்துவிட்டேன். அவள் பார்த்தாள், எழுந்து போய்ப் படகுத்துறையில் உட்கார்ந்துகொண்டாள். என்ன தெரிந்தது என்று கேம் மாஸ்டர் இதுவரை வாய் திறக்கவில்லை. இதற்காக எங்கள் குழுவில் சிலருக்கு என்மேல் இன்னும் கோபம்.

படைவீரன்:
எனக்கு இந்தக் கல்லே பிடிக்கவில்லை. பாலைத் தீவில் குடிக்கவே தண்ணீர் இல்லை, இதில் கல்லுக்கு எங்கே போவது? பொலோன்யா கல் மாதிரி ஏதாவது வைத்திருக்கலாம். 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இத்தாலியின் பொலோன்யாவில், செருப்புத் தைப்பவரும் ரசவாதியுமான வின்சென்சோ கஷியரோலோ கண்டெடுத்த, பாரைட் என்ற கனிமக் கல் அது. கரியோடு சேர்த்துச் சுட்டு, வெயில் காட்டினால் இருட்டில் ஒளிரும். குகைக்குள் போகிறவனுக்கு அதுதான் வேண்டும்.

புதியவர்:
நான் இதைச் சந்திரகாந்தக் கல்லைத் திருப்பிப் போட்டது என்று நினைத்திருந்தேன். நம் பழைய இலக்கியத்தில் அது நிலவொளி பட்டால் நீர் கசியும், இங்கே நீர் பட்டால் காட்சி கசிகிறது. இப்படி நீரில் தெளிகிற கல் நிஜமாகவே உண்டா?

கேம் மாஸ்டர்:
உண்டு, ஹைட்ரோபேன் ஓபல். காட்சி காட்டுவது மட்டும்தான் என் சரக்கு. ஓபல் என்பது நீர் கலந்த சிலிக்கா, பொதுவாக எடையில் 3 முதல் 10 சதவீதம் நீர். ஹைட்ரோபேன் வகையில் நுண்துளைகள் நிறைய. அவற்றில் காற்று இருக்கும்வரை ஒளி சிதறிக் கல் மங்கலாகத் தெரியும். ஒளியை ஒரு பொருள் எவ்வளவு வளைக்கும் என்பதைச் சொல்லும் ஒளிவிலகல் எண் காற்றுக்கு 1, நீருக்கு 1.33, ஓபலுக்குச் சுமார் 1.45. துளைகளில் நீர் ஏறியதும் வித்தியாசம் குறைந்து ஒளி நேராகப் போகும், கல் தெளியும். எத்தியோப்பியாவின் வெல்லோ பகுதியில் 2008இல் கண்டெடுத்த ஓபல்கள் இதற்குப் பேர்போனவை. எடை கூடுவதும், சூட்டில் விண்டுபோவதும் அங்கிருந்து எடுத்ததுதான். எண்ணெயோ சாயமோ ஏறினால் கறை எளிதில் போகாது என்பதும் உண்மைதான், அதை நம் ஆட்டத்தில் இன்னும் யாரும் சோதித்துப் பார்க்கவில்லை.

ரசவாதி:
அப்படியானால் அடுத்த ஆட்டத்தில் காய்ச்சி வடித்த நீர் கொண்டுவருகிறேன். உப்பும் இல்லை, அழுக்கும் இல்லை, கல்லுக்குக் கேடில்லை.

கேம் மாஸ்டர்:
தாராளமாகக் கொண்டுவாருங்கள். அந்த நீர் கடைசியாகப் பார்த்தது உங்கள் வடிகலத்தின் உட்புறத்தை.