சீஸ்மிக்காரங்க சொல்ற வேவ்லெட்டும் கணக்குக்காரங்க சொல்ற வேவ்லெட்டும் ஒண்ணா வேறயா?

தேன்மொழி:
எல்லாருக்கும் வணக்கம். எம்எஸ்சி ஜியோபிசிக்ஸ் கடைசி வருஷம் படிக்கிறேன். ப்ராஜெக்ட்ல ஒரு கிணத்தோட சோனிக் லாக் (பாறைல ஒலி போற வேகத்தோட பதிவு), டென்சிட்டி லாக் (அடர்த்திப் பதிவு) ரெண்டையும் வச்சு சிந்தெடிக், அதாவது கணக்குப் போட்டு உருவாக்கின ட்ரேஸ் போட்டு, அதை சீஸ்மிக் செக்ஷனோட (தரைக்குள்ள அதிர்வு அனுப்பி எடுத்த பாறை அடுக்குப் படம்) பொருத்தற வேலை, வெல் டைனு சொல்வோம்ல அது. ரெண்டாவது அத்தியாயத்துக்கு 'வேவ்லெட்'னு தலைப்பு வச்சு, டேட்டாலருந்து வேவ்லெட்டை எப்படி எடுத்தேன், ஃபேஸ் (அலையோட ஏற்ற இறக்கம் எங்க தொடங்குதுங்கறது) எவ்வளவு சுத்தினேன்னு எட்டு பக்கம் எழுதியிருந்தேன். போன வாரம் ரிவ்யூல கணக்கு டிபார்ட்மென்ட்லருந்து வந்திருந்த ஒரு சார் முதல் பக்கத்தைப் பார்த்ததுமே "இதுல ஸ்கேல் எங்கம்மா, சராசரி பூஜ்யம்னு எங்க காட்டியிருக்க, இது வேவ்லெட்டே இல்லையே"ன்னுட்டார். எங்க கைடு அதை விடு, நம்ம துறைல இப்படித்தான்னு சொல்றார். எனக்கு அப்படியே விட மனசு வரல. யார் சொல்றது சரி?

பூமிநேசன்:
உங்க கைடு சொல்றதுதான் சரி மா. இருபது வருஷத்துக்கு மேல சீஸ்மிக் ப்ராசஸிங்ல இருக்கேன், தினமும் வாயில வர்ற வார்த்தை இது. வேவ்லெட்னா தரைக்குள்ள நாம அனுப்பற அதிர்வோட உருவம். டைனமைட் வெடிச்சாலும் சரி கடல்ல ஏர் கன் சுட்டாலும் சரி, அந்த ஒரு துடிப்பு கீழ போய் ஒவ்வொரு பாறை எல்லையிலயும் மோதி திரும்பி வருது. வேகத்தையும் அடர்த்தியையும் பெருக்கினா இம்பீடன்ஸ், ரெண்டு அடுக்கோட இம்பீடன்ஸ் வித்தியாசத்தை அதுங்க கூட்டுத்தொகையால வகுத்தா ரிஃப்ளெக்ஷன் கோஎஃபிஷியன்ட், அந்த வரிசையோட வேவ்லெட்டை கன்வால்வ் பண்ணி, அதாவது ஒவ்வொரு கோஎஃபிஷியன்ட் மேலயும் வேவ்லெட்டை பெருக்கி வச்சு எல்லாத்தையும் கூட்டி, கொஞ்சம் நாய்ஸ் சேர்த்தா அதுதான் நமக்கு கிடைக்கற ட்ரேஸ் (ஒரு இடத்துல பதிவாகற அதிர்வுக் கோடு). இந்த வேவ்லெட் எவ்வளவு அகலம்ங்கறதை வச்சுத்தான் எவ்வளவு மெல்லிசான அடுக்கை பார்க்க முடியும்னே சொல்றோம். பாறைல வேகம் செகண்டுக்கு 3000 மீட்டர், அதிர்வெண் 30 ஹெர்ட்ஸ்னா அலைநீளம் 100 மீட்டர், அதுல கால்வாசி 25 மீட்டர், அதுக்குக் கீழ மேல் எல்லையும் கீழ் எல்லையும் ஒண்ணோட ஒண்ணு கலந்துடும்.

நம்ம துறை விஞ்ஞானி நார்மன் ரிக்கர் இந்த வார்த்தையோட 1940லயே எழுத ஆரம்பிச்சாச்சு, 1953ல சீஸ்மிக் வேவ்லெட்டோட உருவத்தையும் அது பயணிக்கற விதியையும் பத்தி பெரிய கட்டுரையே போட்டார். கணக்குல இந்தப் பேரு வந்தது 1980கள்லதான். நாப்பது வருஷம் கழிச்சு வந்தவங்க நம்மளைப் பார்த்து இது வேவ்லெட்டே இல்லைன்னு சொல்றது எந்த ஊர் நியாயம்?

கணிதப்பிரியன்:
முதல்ல யார் சொன்னாங்கங்கறதை வச்சு ஒரு கலைச்சொல்லோட பொருளை முடிவு பண்ண முடியாது சார். கணக்குல வேவ்லெட்டுக்கு தெளிவான வரையறை இருக்கு. ஒரு ஃபங்ஷன், அதோட மொத்த பரப்பு பூஜ்யமா இருக்கணும், எனர்ஜி முடிவுள்ளதா இருக்கணும், அட்மிஸிபிலிட்டின்னு, சிக்னலை திரும்ப கட்ட முடியும்னு உறுதி பண்ற ஒரு நிபந்தனைய தாண்டணும். அந்த ஒரே ஃபங்ஷனை இழுத்தும் சுருக்கியும் (இந்த அளவைத்தான் ஸ்கேல்ங்கறோம்), இடது வலது நகர்த்தியும் ஒரு குடும்பமே உண்டாக்கி, அந்தக் குடும்பத்தால சிக்னலை அளக்கறோம், திரும்ப கட்டவும் முடியுது. ஆல்ஃப்ரெட் ஹார் 1910ல போட்ட படி மாதிரி ஃபங்ஷன் இந்த வரையறைக்குள்ள வருது, அப்ப அதுக்கு வேவ்லெட்னு பேரே கிடையாது, ஆனா விஷயம் அதுதான். இன்னைக்கு ஜேபெக் 2000 படம், எஃப்பிஐ கைரேகை சேமிக்கற முறை எல்லாம் இந்த வரையறைமேலதான் நிக்குது. நீங்க சொல்றது ஒரு துடிப்பு, பல்ஸ். சோர்ஸ் சிக்னேச்சர்னு உங்க துறைலயே நல்ல பேரு இருக்கே, அதை வச்சுக்கலாமே.

இன்னொண்ணு, தரைக்குள்ள அனுப்பற உருவம்ங்கறீங்களே, வைப்ரோசைஸ்ல, அதாவது வெடிக்காம ஒரு லாரியால தரைய அதிர வைக்கற முறைல, தரைக்குள்ள போறது பல செகண்ட் நீளமுள்ள ஸ்வீப் (அதிர்வெண் மாறிக்கிட்டே போற அதிர்வு). பதிவை அந்த ஸ்வீப்போட ஒப்பிட்டு கோரிலேட் பண்ணின பிறகு கம்ப்யூட்டர்ல வர்றதுதான் கிளாடர் வேவ்லெட். அந்த உருவத்துல எதுவும் தரைக்குள்ள போகவே இல்லையே. அப்ப உங்க வரையறைப்படி அதுவும் வேவ்லெட் கிடையாதுதானே?

பூமிநேசன்:
நல்ல கேள்வி, நான் அவசரத்துல எழுதிட்டேன், ஒத்துக்கறேன். திருத்திக்கறேன்: ஒத்தை பாறை எல்லை ஒண்ணு ட்ரேஸ்ல என்ன உருவத்தை பதிச்சுட்டுப் போகுதோ அதுதான் வேவ்லெட். அதுக்குள்ள சோர்ஸ் இருக்கு, மண்ணு உறிஞ்சுனது இருக்கு, ஜியோஃபோன் (தரை அதிர்வை பதியற கருவி), ரெக்கார்டிங் ஃபில்டர், நாங்க பண்ணின ப்ராசஸிங் எல்லாமே இருக்கு. அதனாலதான் சோர்ஸ் சிக்னேச்சர்ங்கற பேரு பத்தாது, ஏர் கன் பக்கத்துல ஹைட்ரோஃபோன் (தண்ணிக்குள்ள வைக்கற மைக்) வச்சு எடுத்த சிக்னேச்சரும் மூணு கிலோமீட்டர் ஆழத்துல போயிட்டு வந்த வேவ்லெட்டும் பார்க்க ஒண்ணா இருக்கவே இருக்காது. பல்ஸ்னு பொத்தாம்பொதுவா சொன்னாலும் இதெல்லாம் விட்டுப்போகும்.

அப்புறம் பேரு யார்கிட்டருந்து போச்சுங்கறதுக்கு கணக்குக்காரங்க கட்டுரையே சாட்சி. 1984ல அலெக்ஸ் கிராஸ்மனும் ஜான் மோர்லேயும் எழுதின கட்டுரைத் தலைப்புல வேவ்லெட்னு சும்மா போடல, 'மாறாத உருவமுள்ள வேவ்லெட்கள்'னு போட்டிருக்காங்க. ஏன் அந்த அடைமொழி? மோர்லே யாரு, எல்ஃப் அக்கிட்டேன் எண்ணெய்க் கம்பெனில ஜியோபிசிக்ஸ் இஞ்சினியர். சீஸ்மிக் ட்ரேஸைத்தான் அலசிட்டிருந்தார். ஃபூரியே ஜன்னல் (சிக்னலை துண்டு துண்டா எடுத்து அதிர்வெண் பார்க்கறப்போ அந்தத் துண்டோட நீளம்) எல்லா அதிர்வெண்ணுக்கும் ஒரே அகலத்துல இருக்கறதால மேல் அதிர்வெண்ல நேரம் துல்லியமா கிடைக்கல, அதனால ஜன்னலையே சுருக்கி விரிச்சா என்னன்னு யோசிச்சார். வேவ்லெட்ங்கற வார்த்தைக்கு தன்னோட துறைல வேற பொருள் ஏற்கனவே இருக்குன்னு அவருக்குத் தெரியும், அதான் அடைமொழி போட்டு பிரிச்சு காட்டினார். பின்னாடி வந்தவங்க அடைமொழிய கழட்டி விட்டுட்டு இப்ப நம்மகிட்டயே கேள்வி கேக்கறாங்க.

கணிதப்பிரியன்:
அந்த வரலாறு எனக்கும் ரொம்பப் பிடிச்ச வரலாறு சார். மோர்லே போட்டது கிராஸ்மன் வழியா பௌதிகத்துக்கு வந்து, 1985ல கணக்குக்காரர் ஈவ் மேயர் ஜெராக்ஸ் மெஷின் பக்கத்துல நின்னப்போ அந்தக் கட்டுரை கண்ணுல பட்டு, படிச்சதும் ரயிலேறி மார்செய்க்குப் போனார்னு சொல்வாங்க. அப்புறம் இங்க்ரிட் டோபஷி 1988ல குறுகின நீளத்துக்குள்ள அடங்கற வேவ்லெட்களை கட்டினாங்க, மேயருக்கு 2017ல, கணக்குத் துறையோட பெரிய விருதான ஏபெல் பரிசே கிடைச்சுது. எண்ணெய் தேடற வேலைலருந்து வந்த சொல்லுங்கறதுல எனக்கு மறுப்பே இல்ல.

ஆனா அந்த அடைமொழி என் பக்கத்துக்குத்தான் பலம் சேர்க்குது, கொஞ்சம் யோசிச்சு பாருங்க. சீஸ்மிக் வேவ்லெட் ஆழமா போகப் போக மாறுது, மேல் அதிர்வெண்ணை மண்ணு தின்னுடுது, அகலமாகுது, ரிக்கரோட ஆராய்ச்சியே அதைப் பத்தித்தான். எங்களோடது எவ்வளவு இழுத்தாலும் அதே உருவம். ரெண்டும் வேறன்னு மோர்லேயே சொல்லிட்டார்னுதான் அர்த்தம். உங்க வேவ்லெட் டேட்டாவுக்குள்ள ஒளிஞ்சிருக்கற ஒண்ணு, அது என்னன்னு தெரியாம தேடி கண்டுபிடிக்கறீங்க. எங்க வேவ்லெட் நாங்க கையில எடுத்துட்டுப் போற அளவுகோல், எது வேணும்னு நாங்களே தேர்ந்தெடுக்கறோம். ஜவுளிக் கடைல துணியும் மீட்டர் கோலும் மாதிரி. ரெண்டுக்கும் ஒரே பேரு வச்சா அந்தப் பொண்ணு குழம்பத்தானே செய்வாங்க?

பூமிநேசன்:
துணி, மீட்டர் கோல் உவமை பிடிச்சிருக்கு, ஆனா மீட்டர் கோல் கையில வச்சிருக்கவங்க அவ்வளவு கறாரா இருக்கீங்களான்னும் பார்க்கணும். மோர்லே வேவ்லெட்ங்கறது காஸியனை (மணி மாதிரி வளைவு) ஒரு சுழலும் எக்ஸ்போனென்ஷியலால பெருக்கினது. அதோட சராசரி பூஜ்யமா? கிடையாது. உங்க வரையறைப்படி பார்த்தா மோர்லே பேர்ல இருக்கற மோர்லே வேவ்லெட்டே வேவ்லெட் இல்ல! ஒமேகா நாட் (அந்த மணிக்குள்ள அலை எவ்வளவு வேகமா சுழலுதுங்கற எண்) 5 இல்ல 6னு வச்சுட்டு 'கிட்டத்தட்ட பூஜ்யம்'னு விட்டுடறீங்க. மழை, எல் நினோ டேட்டா அலசறவங்க நெறைய பேரு 6னுதான் போடறாங்க. எங்களோடதுக்கு மட்டும் நிரூபிச்சு காட்டுங்கறதா? எங்க ஜியோஃபோன் பெரும்பாலும் 10 ஹெர்ட்ஸ், அதுக்குக் கீழ சரியாவே கேக்காது, பூஜ்ய அதிர்வெண் பதிவுல வராது, அப்ப எங்க வேவ்லெட்டோட சராசரியும் கிட்டத்தட்ட பூஜ்யம்தான்.

கணிதப்பிரியன்:
இது நியாயமான அடி. 6 போட்டா விட்டுப்போறது பத்து கோடில ஒண்ணு ரெண்டு அளவு, 5 போட்டா பத்து லட்சத்துல மூணு நாலு. கறாரா எழுதறவங்க ஒரு சின்ன திருத்தத்தை கழிச்சு சரி பண்ணிட்டுத்தான் மோர்லே வேவ்லெட்னு எழுதுவாங்க, ஆனா எல்லாரும் பண்றதில்லைங்கறதை ஒத்துக்கறேன். நிபந்தனைய மட்டும் வச்சு உங்களோடதை வெளிய தள்ள முடியாதுங்கறதையும் ஒத்துக்கறேன். ஆனா சார், நிபந்தனைல பாஸ் ஆகறது வேற, என்ன வேலை செய்யுதுங்கறது வேற. உங்களோடது ஸ்கேல் ஆகறதே இல்ல. நான் அங்கதான் நிக்கறேன், அதுலருந்து நகர மாட்டேன்.

வானொலி அன்பன்:
குறுக்க வர்றதுக்கு மன்னிக்கணும், நான் ரெண்டு துறையும் கிடையாது. தேன்மொழி தமிழ்ச் சுருக்கம் எழுதும்போது வேவ்லெட்டுக்கு சிற்றலைன்னு போட்டுடாதீங்க. எங்களை மாதிரி ரேடியோ கேக்கறவங்களுக்கு சிற்றலைன்னா ஷார்ட்வேவ். சிற்றலை வரிசை, மத்திய அலை வரிசைன்னு கேட்டு வளர்ந்த காது இது. நீங்க 'சிற்றலை'ன்னு எழுதினா நான் ஆன்டெனாவைத்தான் தேடுவேன்.

பூமிநேசன்:
அண்ணே இது நல்ல எச்சரிக்கை. குளத்துல கல்லு போட்டா வர்றதையும் சிற்றலைன்னுதான் சொல்றோம். ஒரு வார்த்தைல ஏற்கனவே ரெண்டு பொருள் இருக்கு, இந்த ரெண்டையும் சேர்த்தா நாலு. வேவ்லெட்னே எழுதிடு மா, டாக்டர், பஸ் எல்லாம் எழுதறோம்ல.

கணிதப்பிரியன்:
சீஸ்மிக் வேவ்லெட்டுக்கு 'அதிர்வுத் துடிப்பு'ன்னு வச்சா என்ன? ரெண்டும் தானாவே பிரிஞ்சுடும்.

பூமிநேசன்:
திரும்பவும் பல்ஸ்லதான் வந்து நிக்கறீங்க. ஃபில்டர், ப்ராசஸிங் எல்லாம் சேர்ந்த ஒண்ணை துடிப்புன்னு சொல்ல மாட்டேன்.

தேன்மொழி:
ரெண்டு பேருக்கும் ரொம்ப நன்றி சார். ஒரு விஷயத்தை முதல்லயே சொல்லியிருக்கணும், அந்த சார் கேட்டதுக்கு காரணம் நாலாவது அத்தியாயம்தான். அங்க சிடபிள்யூடி, அதாவது கன்டினியுவஸ் வேவ்லெட் ட்ரான்ஸ்ஃபார்ம் போட்டு எந்த ஆழத்துல எந்த அதிர்வெண் குறையுதுன்னு பார்த்திருக்கேன். சாஃப்ட்வேர்ல மெக்சிகன் ஹேட்னு ஒரு வேவ்லெட் இருந்துச்சு, அது சீஸ்மிக்ல வர்ற ரிக்கர் வேவ்லெட் மாதிரியே இருக்கேன்னு எடுத்தேன். ரெண்டாவது அத்தியாயத்துல 25 ஹெர்ட்ஸ் ரிக்கர்னு எழுதிட்டு, நாலாவதுல அதே வேவ்லெட்னு சொல்லி ஸ்கேல்ல 25னு கொடுத்துட்டேன். படம் வந்தப்போ எல்லாமே மொத்தையா, அகலமா வந்துச்சு, ஏன்னு புரியாம ரெண்டு நாள் போச்சு.

கணிதப்பிரியன்:
இதைத்தான் நான் பயந்தேன். ரிக்கரும் மெக்சிகன் ஹேட்டும் ஒரே உருவம்தான், ரெண்டுமே காஸியனோட ரெண்டாவது டெரிவேட்டிவ், குறிய மட்டும் மாத்தினது. ஆனா சீஸ்மிக்ல உச்ச அதிர்வெண்ணை வச்சு பேரு சொல்றாங்க, எங்ககிட்ட ஸ்கேல்னா அகலம், அதுவும் சாஃப்ட்வேர்ல சாம்பிள் எண்ணிக்கைல. கணக்கு இப்படி: அதிர்வெண்ணை π (பை)யாலயும் ரெண்டோட வர்க்கமூலத்தாலயும் பெருக்கி, 1ஐ அதால வகுங்க. சுருக்கமா 0.225ஐ அதிர்வெண்ணால வகுத்தா போதும். 25 ஹெர்ட்ஸ்க்கு 9 மில்லிசெகண்ட். உங்க சாம்பிள் இடைவெளி எவ்வளவு?

தேன்மொழி:
2 மில்லிசெகண்ட் சார்.

கணிதப்பிரியன்:
அப்ப ஸ்கேல் 4.5. நீங்க 25 போட்டிருக்கீங்க, அதாவது 50 மில்லிசெகண்ட், நாலரை ஹெர்ட்ஸ் ரிக்கருக்கு சமம். சீஸ்மிக் டேட்டால அந்த அதிர்வெண்ல நாய்ஸ் தவிர பெருசா எதுவும் இருக்காது, அதான் மொத்தையா தெரியுது.

பூமிநேசன்:
கணக்கு சரி. அந்த 9 மில்லிசெகண்டை பிளாட்லயே சரிபார்க்கலாம் மா: ரிக்கரோட நடு உச்சிலருந்து கோடு பூஜ்யத்தை வெட்டற இடம் வரைக்கும் 9 இருக்கணும், ரெண்டு பக்க பள்ளத்துக்கும் நடுவுல 31 இருக்கணும், பள்ளத்தோட ஆழம் உச்சில 0.45 மடங்கு. பழைய ஆளுங்க பேப்பர் செக்ஷன்ல ரூலர் வச்சே இதை அளந்து அதிர்வெண்ணை சொல்லிடுவாங்க. உயரம் ஒத்துவரலைன்னா பயப்படாத, நாங்க உச்சிய 1னு வைப்போம், அவங்க மொத்த எனர்ஜிய 1னு வைப்பாங்க. ஆனா ரெண்டாவது அத்தியாயத்துல நீ டேட்டாலருந்து எடுத்த வேவ்லெட்டை சிடபிள்யூடிக்குள்ள போட்டுடாதே, அது ரிக்கர் மாதிரி ரெண்டு பக்கமும் சமச்சீராவும் இருக்காது, ஃபேஸ் கலந்திருக்கும், வர்ற படத்துல நேரமே தள்ளிப் போயிடும்.

தேன்மொழி:
4.5 போட்டு ஓட்டிட்டேன், இப்ப ரிசர்வாயரோட (எண்ணெய் தேங்கற பாறை) மேல் எல்லை பளிச்சுனு தெரியுது! ரெண்டாவது அத்தியாயத்தோட முதல் வரிய இப்படி மாத்தியிருக்கேன், பாருங்க: "இந்த அத்தியாயத்தில் வேவ்லெட் என்பது ஒரு தனிப் பாறை எல்லை சீஸ்மிக் ட்ரேஸில் பதிக்கும் உருவம்; அது டேட்டாவிலிருந்து மதிப்பிடப்பட்டது. நாலாம் அத்தியாயத்தில் வரும் வேவ்லெட், ட்ரேஸை அலச நாம் தேர்ந்தெடுத்து, ஸ்கேல் மாற்றிப் பயன்படுத்தும் ஃபங்ஷன்." தலைப்பை 'சீஸ்மிக் வேவ்லெட்'னு மாத்திட்டேன்.

பூமிநேசன்:
எனக்கு திருப்தி. கைடுகிட்ட காட்டு.

கணிதப்பிரியன்:
எனக்கு முக்கால் திருப்தி. நாலாவது அத்தியாயத்துல எந்த நார்மலைசேஷன், அதாவது உச்சிய 1னு வச்சீங்களா எனர்ஜிய 1னு வச்சீங்களானு ஒரு வரி சேர்த்துடுங்க, ரிவ்யூல அந்த சார் அடுத்து அதைத்தான் கேப்பார்.