பழைய கேமுக்குத் திரையை முழுசாக ஒப்படைக்க வேண்டுமா, பார்டர்லெஸ் போதுமா?

தக்கலை தம்பி

அண்ணன்மாருக்கு வணக்கம். பரணில் கிடந்த கம்ப்யூட்டரின் ஹார்டு டிஸ்கில் ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 கிடைத்தது. 1999-இல் வந்த முதல் பதிப்பு. கிறிஸ்துமஸ் லீவுக்கு மாமா பையன் கருங்கலிலிருந்து வருகிறான். இரண்டு பேரும் வயர் போட்டு விளையாடலாம் என்று ஆசை. என் லேப்டாப் விண்டோஸ் 11, திரை 1920×1080. கேம் திறக்கிறது, ஆனால் எல்லாம் அகலவாக்கில் இழுத்த மாதிரி இருக்கிறது, குதிரைகள் குட்டையாகத் தெரிகின்றன. ஆல்ட்+டேப் அடித்து வெளியே வந்தால் டெஸ்க்டாப் ஐகான்கள் இடது மூலையில் குவிந்து கிடக்கின்றன. திரும்ப உள்ளே போனால் கறுப்புத் திரை. ஒழுங்காக முழுத்திரையில் ஓட வைக்க வழி சொல்லுங்கள்.

வடசேரி அண்ணன்

மக்கா, நாகர்கோவிலில் ஏழு வருஷம் பிரௌசிங் சென்டர் நடத்தியவன் சொல்கிறேன். 12 மெஷின், எல்லாம் விண்டோஸ் எக்ஸ்பி, எல்லாம் 17 இஞ்ச் பெரிய சிஆர்டி (பிக்சர் டியூப்) மானிட்டர். பள்ளிக்கூடம் விட்டதும் பிள்ளைகள் வந்து நிற்பார்கள். ஒரு கேம்கூட ஜன்னலுக்குள் ஓடியதில்லை. கேம் தொடங்கினால் திரை முழுக்க அதன் கையில் போய்விட வேண்டும். அதுதான் உண்மையான ஃபுல் ஸ்கிரீன்.

கேமின் இஎக்ஸ்இ ஃபைலில் ரைட் கிளிக், பிராப்பர்டீஸ், கம்பாட்டிபிலிட்டி. அங்கே "டிசேபிள் ஃபுல்ஸ்கிரீன் ஆப்டிமைசேஷன்ஸ்" என்று ஒரு கட்டம் இருக்கும், டிக் போடு. விண்டோஸ் 10 காலத்தில் வந்த ஏற்பாடு அது. கேம் முழுத்திரை கேட்டால் தருவது போல் தந்துவிட்டு, உள்ளே பார்டர்லெஸ் ஜன்னலாக, அதாவது திரையை மூடுகிற விளிம்பில்லாத ஜன்னலாக ஓட்டும். அதை நிறுத்தினால்தான் கேமுக்கு முழு அதிகாரம் கிடைக்கும். பார்டர்லெஸ் வேண்டவே வேண்டாம், மவுஸ் பிந்தி வரும்.

குலசேகரம் மழை

அண்ணே, உங்கள் அனுபவத்தை மதிக்கிறேன். ஆனால் எக்ஸ்பியில் சரியாக இருந்தது விண்டோஸ் 11-இல் சரியாக இராது.

எக்ஸ்பியில் ஒவ்வொரு ஜன்னலும் தானே திரையில் நேராக வரையும். அதற்கடுத்த விண்டோஸ் விஸ்டாவில் டெஸ்க்டாப் விண்டோ மேனேஜர் வந்தது. எல்லா ஜன்னல்களையும் வாங்கி, ஒன்றாகச் சேர்த்து, அதுதான் திரைக்கு அனுப்பும். விண்டோஸ் 7 வரை அதை அணைத்து வைக்கலாம். 2012-இல் வந்த விண்டோஸ் 8 முதல் அணைக்கவே முடியாது.

இந்தக் கேமுக்கு இன்னொரு சிக்கலும் உண்டு. இது டைரக்ட்டிரா என்கிற பழைய படம் வரையும் முறையில் எழுதியது, 256 நிறம் (8 பிட்) மட்டும். விண்டோஸ் 7-இல் இதை ஓட்டினால் புல்லும் தண்ணீரும் நிறம் மாறித் தெரியும். எக்ஸ்ப்ளோரரை டாஸ்க் மேனேஜரில் நிறுத்திவிட்டு விளையாடினோம், ஞாபகம் இருக்கிறதா? கேம் வைத்திருந்த நிறப்பட்டியலில் டெஸ்க்டாப் கை வைத்ததுதான் காரணம். விண்டோஸ் 8-க்கு அப்புறம் அந்த 8 பிட் நிறமே நிஜமாக இல்லை, 32 பிட்டில் பாவனை செய்து காட்டுகிறது. பாவனைக்கு மேல் என்ன முழு அதிகாரம் கொடுக்க முடியும்?

தம்பிக்குக் கறுப்புத் திரை வருவதற்கும் அந்த அதிகாரம்தான் காரணம். கேம் திரையின் ரெசல்யூஷனையே 800×600-க்கு மாற்றுகிறது, அதனால்தான் ஐகான்கள் மூலைக்குப் போகின்றன. ஆல்ட்+டேப் அடிக்கும்போது கேம் பிடித்து வைத்திருந்த வீடியோ மெமரி பறிபோகும். திரும்பி வரும்போது கேம் அதை மறுபடி கேட்டு வாங்க வேண்டும். பழைய கேம்களில் பல அதைச் சரியாகச் செய்வதில்லை.

சிஎன்சி டிடிரா என்று ஓர் இலவச மென்பொருள் இருக்கிறது. அதன் டிடிரா.டிஎல்எல் ஃபைலைக் கேம் ஃபோல்டரில் போட்டால் போதும். செட்டிங்கில் விண்டோட், ஃபுல்ஸ்கிரீன் இரண்டையும் ட்ரூ என்று வை. பார்டர்லெஸ்ஸாக, திரையின் ரெசல்யூஷனைத் தொடாமல், பெரிதாக்கி ஓடும்.

வடசேரி அண்ணன்

மவுஸ் தாமதத்துக்குப் பதில் சொல்லவில்லையே தம்பி. 60 ஹெர்ட்ஸ் திரையில் ஒரு ஃபிரேம், அதாவது ஒரு படம், 16.7 மில்லி செகண்ட். நடுவில் அந்த மேனேஜர் வாங்கிக் கொடுத்தால் குறைந்தது ஒரு ஃபிரேம் பிந்தும். கவுண்டர் ஸ்டிரைக் 1.6 ஆடியவர்களுக்குத் தெரியும், கை ஒரு பக்கம் போகும், குறி பின்னால் வரும். ஆல்ட்+டேப் வசதிக்காக அதை விட்டுக்கொடுக்க மாட்டேன்.

குளச்சல் அலை

எனக்கு இந்த அதிகாரச் சண்டை புரியவில்லை. எப்படி ஓடினாலும் சரி, இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை இருக்கக் கூடாது. காசு கொடுத்து வாங்கிய திரை முழுக்கப் படம் வர வேண்டும். இழுத்து நிரப்பு, விளையாடு.

தோவாளைப் பூக்காரன்

இழுத்து நிரப்பினால் கேமின் உருவமே கெட்டுப்போகும். 800×600 என்பது 4:3. உங்கள் திரை 16:9. இழுத்தால் எல்லாம் மூன்றில் ஒரு பங்கு கூடுதல் அகலமாகும், வட்டக் கோபுரம் நீள்வட்டமாகும். தம்பியின் குதிரை குட்டையானது இதனால்தான். அளவு மாறாமல் பெரிதாக்கினால் 1440×1080 வரும், பக்கத்துக்கு 240 பிக்சல் கறுப்பு. வரைந்தவர்கள் பார்த்துப் பார்த்து வரைந்த படத்தை 240 பிக்சலுக்காக நசுக்குவதை என்னால் ஏற்க முடியாது.

இண்டெல் கிராஃபிக்ஸ் என்றால் அதன் கண்ட்ரோல் பேனலில் டிஸ்ப்ளே, ஸ்கேல், "மெயின்டெயின் ஆஸ்பெக்ட் ரேஷியோ". பலரும் இங்கே தடுமாறுவார்கள். திரை 1920×1080-இல் இருக்கும்போது அந்தத் தேர்வு கண்ணில் படாது. முதலில் டெஸ்க்டாப்பை 800×600-க்கு இறக்கு, அப்புறம் தேடு.

குளச்சல் அலை

கவுண்டர் ஸ்டிரைக்கில் இழுத்து வைத்து ஆடுகிறவர்கள் எத்தனையோ பேர். எதிராளி அகலமாகத் தெரிவான், குறி வைக்க லேசு. அவர்களும் படத்தைக் கெடுக்கிறவர்களா?

தோவாளைப் பூக்காரன்

சுடுகிற கேமில் அது அவரவர் கைப்பழக்கம், அங்கே ஒப்புக்கொள்கிறேன். ஒரு ராஜ்யத்தைக் கட்டி ஒரு மணி நேரம் பார்த்துக்கொண்டிருக்கிற கேமில் கூடாது.

தக்கலை தம்பி

வடசேரி அண்ணன் சொன்னபடி டிக் போட்டேன். எனக்கு மாற்றமில்லை, ஆல்ட்+டேப்பில் அதே கறுப்புத் திரை. டிடிரா ஃபைலைப் போட்டதும் உள்ளே வெளியே போய் வர முடிகிறது, ஐகான்களும் நகரவில்லை. ஆனால் படம் பெரிதாகி வலது பக்கமும் கீழ்ப்பக்கமும் வெட்டுப்படுகிறது. கீழே இருக்கிற பட்டன்கள் பாதிதான் தெரிகின்றன.

குலசேகரம் மழை

உன் விண்டோஸ் டிஸ்ப்ளே ஸ்கேல் 125% ஆக இருக்கும், பார். எழுத்தைப் பெரிதாக்குகிற அதே கணக்கைக் கேமுக்கும் போடுகிறது. கம்பாட்டிபிலிட்டி பக்கத்தில் "சேஞ்ச் ஹை டிபிஐ செட்டிங்ஸ்" உள்ளே போய், ஸ்கேலிங் ஓவர்ரைடு டிக் போட்டு, "அப்ளிகேஷன்" தேர்ந்தெடு. டிடிரா செட்டிங்கில் மெயின்டாஸ் என்பதை ட்ரூ ஆக்கு, தோவாளைக்காரர் சொன்ன 4:3 தானே கிடைக்கும், இண்டெல் பேனலுக்கே போக வேண்டாம்.

அண்ணே, தாமதம் பற்றிய கேள்விக்கு வருகிறேன். நீங்கள் சொன்னது பழைய முறைக்கு முழுக்கச் சரி. கேம் படத்தை வரைந்து, பிரதி எடுத்து மேனேஜரிடம் கொடுக்கும், அது மறுபடி வரையும். இரண்டு வேலை, ஒரு ஃபிரேம் நஷ்டம். விண்டோஸ் 8-இல் ஃபிளிப் முறை வந்தது. பிரதி எடுப்பதில்லை, படம் வரைந்த மெமரியையே (பஃபர்) கொடுத்துவிடுகிறது. கேம் திரை முழுவதையும் மூடியிருந்து, மேலே வேறெதுவும் இல்லையென்றால், மேனேஜர் ஒதுங்கிக்கொண்டு அந்தப் பஃபரை நேராகத் திரைக்கு விடும். கேம்கள் படம் வரையப் பயன்படுத்துகிற டைரக்ட்எக்ஸின் 12-ஆம் பதிப்பில் ஃபிளிப் முறையைத் தவிர வேறு வழியே இல்லை. விண்டோஸ் 11-இன் 22எச்2 பதிப்பில் டைரக்ட்எக்ஸ் 10, 11 கேம்களையும் அதற்கு மாற்ற ஒரு செட்டிங் கொடுத்தார்கள்.

நம்ப வேண்டாம், அளந்து பாருங்கள். பிரசெண்ட்மான் என்று இலவச மென்பொருள் இருக்கிறது. கேம் ஓடும்போது "லெகசி ஃபிளிப்" என்று காட்டினால் பழைய முழு அதிகாரம். "இண்டிபெண்டண்ட் ஃபிளிப்" என்றால் மேனேஜர் ஒதுங்கிவிட்டது. "கம்போஸ்டு" என்றால்தான் நடுவில் ஆள் நிற்கிறது.

மார்த்தாண்டம் தேனீ

லினக்ஸ் பக்கத்திலிருந்து ஒரு வார்த்தை. வேலண்ட் என்கிற லினக்ஸ் திரை ஏற்பாட்டில் எந்தச் செயலியும் திரையின் ரெசல்யூஷனைத் தன் இஷ்டத்துக்கு மாற்ற முடியாது. கேம் 800×600 கேட்டால், கொடுத்த மாதிரி காட்டி, கம்போசிட்டர்தான் (உங்கள் மேனேஜர் மாதிரி) பெரிதாக்கும். கேம்ஸ்கோப் என்கிற கருவி அந்த வேலைக்கென்றே இருக்கிறது. குலசேகரம் தம்பி சொல்கிற திசையில்தான் எங்களுக்கும் பாதை போகிறது.

வடசேரி அண்ணன்

நேற்று ராத்திரி பிரசெண்ட்மான் போட்டுப் பார்த்தேன். என் பையன் ஆடுகிற டைரக்ட்எக்ஸ் 11 கார் பந்தயக் கேம். மெனுவில் ஃபுல் ஸ்கிரீன் என்று வைத்தபோதும் "இண்டிபெண்டண்ட் ஃபிளிப்", பார்டர்லெஸ் வைத்தபோதும் அதே. இத்தனை நாள் நான் வித்தியாசம் தெரிகிறது என்று சொன்னது அந்தக் கேமில் தவறு. சொல்லிவிடுகிறேன்.

ஆனால் முழுசாக இறங்கி வரவில்லை. மேலே சின்னதாக ஒரு வால்யூம் பட்டையோ மெசேஜோ வந்தவுடன் "கம்போஸ்டு" என்று மாறியது, அதையும் கண்ணால் பார்த்தேன். பார்டர்லெஸ்ஸில் யார் வேண்டுமானாலும் கேமின் மேல் வந்து உட்கார முடிகிறது. நம் மாவட்டத்தில் எத்தனை வீட்டில் இன்னும் பத்து வருஷப் பழைய கம்ப்யூட்டரில் பிள்ளைகள் ஆடுகிறார்கள்? பழைய டைரக்ட்எக்ஸ் 9 கேம், சின்ன கிராஃபிக்ஸ், அங்கே ஒரு பிரதி எடுப்பதுகூட பாரம்தான். அவர்களுக்கு நான் சொல்வேன், முழுத்திரை வை, ரெசல்யூஷனை இறக்கு. திரை முழுக்க அத்தனை பிக்சலையும் வரைய அந்தக் கார்டுக்குத் தெம்பு கிடையாது.

குலசேகரம் மழை

சின்ன கிராஃபிக்ஸ் விஷயத்தில் உங்களோடு நிற்கிறேன் அண்ணே. மற்றதில் இல்லை. எங்கள் ஊரில் மழை பிடித்தால் கரண்ட் எப்போது போகும் என்று சொல்ல முடியாது. ஜூனிலும் மழை, அக்டோபரிலும் மழை. என்னுடையது டெஸ்க்டாப், யுபிஎஸ் பத்து நிமிஷம் தாங்கும். பீப் சத்தம் கேட்டதும் வெளியே வந்து, திறந்து வைத்திருக்கிற ஆபீஸ் ஃபைலைச் சேவ் செய்து மூட வேண்டும். அந்த நேரத்தில் கேம் திரையைப் பிடித்துக்கொண்டு விடாமல் நின்றால் என் வேலை போச்சு. ஒரு தடவை போயிருக்கிறது, இரண்டு நாள் கணக்கு. அதிலிருந்து என் மெஷினில் எந்தக் கேமுக்கும் திரையை முழுசாக ஒப்படைப்பதில்லை.

தக்கலை தம்பி

வேலை முடிந்தது. ஸ்கேல் 125% ஆகத்தான் இருந்தது. ஓவர்ரைடு போட்டதும் வெட்டு போய்விட்டது. மெயின்டாஸ் வைத்ததும் குதிரை குதிரையாக நிற்கிறது. பக்கத்துப் பட்டை கண்ணை உறுத்தவில்லை, குளச்சல் அண்ணன் மன்னிக்கவும். வயர் போட்டு இணைக்க டைரக்ட்பிளே என்கிற பழைய விண்டோஸ் பாகம் கேட்டது. விண்டோஸ் ஃபீச்சர்ஸில் லெகசி காம்போனண்ட்ஸ் உள்ளே டிக் போட்டேன், அதுவும் சரியாகிவிட்டது. மாமா பையனுடைய லேப்டாப்பிலும் இதையே செய்யப் போகிறேன்.

கவுண்டர் ஸ்டிரைக்கை மட்டும் வடசேரி அண்ணன் சொன்ன மாதிரி முழுத்திரையிலேயே வைத்திருக்கிறேன்.

வடசேரி அண்ணன்

சந்தோஷம் மக்கா. ஒன்று சொல்கிறேன். அந்த 12 மானிட்டரில் ஒன்று இன்னும் என் வீட்டில் ஓடுகிற நிலையில் இருக்கிறது. 1024×768-இல் 85 ஹெர்ட்ஸ் தரும். அதற்கு இத்தனை பிக்சல்தான் என்று கட்டுப்பாடு கிடையாது, 800×600 கொடுத்தாலும் திரை நிறைய வரும், பட்டையும் இல்லை, இழுப்பும் இல்லை. உன் லேப்டாப்பில் பழைய மானிட்டரைச் சொருகுகிற விஜிஏ இருக்காது, எச்டிஎம்ஐ-யிலிருந்து விஜிஏ மாற்றி ஒன்று வாங்கிக்கொள். மாமா பையன் வந்ததும் இரண்டு பேருமாக வாருங்கள். ஒருத்தனால் தூக்க முடியாது, பஸ்ஸில் கொண்டுபோகவும் வேண்டாம், ஆட்டோ பிடித்துக்கொள்ளுங்கள்.